பஷாரத்தின் வாசல்: மாற்றவியலாத காலம் பற்றிய ஒரு கதை

காலத்தைக் கட்டியாளும் மந்திரவாதி என்றதும், நேற்றைய தவறை இன்று அழித்துவிடக்கூடிய ஒருவனையே நாம் எதிர்பார்க்கிறோம். டெட் சியாங்கின் ‘வணிகனும் ரஸவாதியின் வாசலும்’ என்ற ஆங்கில நெடுங்கதையில் வரும் பஷாரத் அந்த எதிர்பார்ப்பை முதலிலேயே மறுத்துவிடுகிறார். காலத்தினூடாக ஒருவர் நடந்து செல்லத்தக்க வாசலை அவர் கண்டுபிடித்திருக்கிறார். ஆனால் அதன் வழியே சென்று எவராலும் எதனையும் மாற்ற முடியாது.

சியாங் 1967 இல் நியூயோர்க் மாநிலத்தில் பிறந்த சீன வம்சாவளி எழுத்தாளர். 2007 இல் வெளிவந்த இக்கதை ஹியூகோ, நெபுலா ஆகிய இரு விருதுகளையும் பெற்றது. 2019 இல் வெளியான ‘எக்ஸலேஷன்’ தொகுப்பின் முதற்கதையும் இதுவே. பௌதிகவியலாளர் கிப் தோர்ன் நிகழ்த்திய உரையொன்றே இக்கதைக்கு வித்திட்டது என ஆசிரியர் அத்தொகுப்பில் குறிப்பிடுகிறார். ஐன்ஸ்டைனின் கோட்பாட்டுக்கு முரணாகாத காலயந்திரம் ஒன்று இருக்குமாயின், அது அமைக்கப்பட்ட நாளுக்கு முன்னர் எவரும் செல்ல முடியாது. பஷாரத்தின் வாசலும் அவ்வாறே. பக்தாதில் உள்ளது புதிய வாசல். அதனூடாக இருபது ஆண்டுகள் முன்னோக்கிச் செல்லலாம். பின்னோக்கிச் செல்ல வேண்டுமெனில் கெய்ரோவில் அவர் முன்னரே அமைத்த வாசலைத் தேடிப் போக வேண்டும். இந்த ஒரு விதியிலிருந்துதான் கதையின் பயணமும் துயரமும் பிறக்கின்றன.

பஷாரத் சொல்லும் மூன்று கிளைக்கதைகளுள் நெசவாளன் அஜீபின் கதையே என்னை மிகவும் பாதித்தது. அவன் தனது எதிர்காலத்துக்குச் சென்று, முதிய அஜீப் சேர்த்து வைத்திருந்த பொற்காசுகளைத் திருடிவருகிறான். பணம் வந்தபின் துன்பமும் வருகிறது. கடத்தப்பட்ட மனைவியை மீட்க அப்பணம் கரைகிறது. பின்னர், இளைய அஜீப் வந்து திருடுவதற்கான பணத்தைச் சேர்ப்பதற்காகவே அவன் கஞ்சனாக வாழ்நாளைக் கழிக்கிறான். எவரும் அவனது கையைப் பிடித்துத் திருடச் செய்யவில்லை. அவனது பேராசையே அவனது விதியாகிறது.

வணிகன் புவாத் இப்னு அப்பாஸ் இக்கதைகளைக் கேட்ட பின்னரும் கெய்ரோவுக்குப் புறப்படுகிறான். அடிமை வியாபாரம் தொடர்பில் மனைவி நஜ்யாவோடு முரண்பட்டு, கடுஞ்சொல் பேசிவிட்டுப் பயணம் போனவன் அவன். அவன் திரும்புமுன் பள்ளிவாசல் சுவர் இடிந்து அவள் மரணித்துவிட்டாள். இருபது வருடங்களாக அந்தச் சொல் அவனை அரிக்கிறது. வாசலைக் கடந்து, பாலைவனத்தைக் கடந்து பக்தாதை அடையும்போதும் அவன் பிந்திவிடுகிறான். ஆனால் நஜ்யாவின் இறுதி வேளையில் அருகிலிருந்த பெண்ணிடமிருந்து, அவள் தன்னை வெறுத்து மரணிக்கவில்லை என்பதை மட்டும் அறிந்துகொள்கிறான். நிகழ்ந்தது அப்படியே இருக்கிறது. நிகழ்ந்ததைப் பற்றிய அவனது அறிவுதான் வளர்ந்திருக்கிறது.

கத்ரை ஏற்றல் இஸ்லாமிய நம்பிக்கையின் அடிப்படைகளுள் ஒன்று என்பதனாலேயே முஸ்லிம் சூழலைத் தெரிவுசெய்ததாக சியாங் எழுதியுள்ளார். இங்கேதான் நாம் கூர்ந்து வாசிக்க வேண்டும். விதியைக் கையாளும் கதைகள் பலவற்றில், கதாசிரியர் கதையை முடிக்கத் தெரியாத இடத்தில் விதி வந்து முடித்து வைக்கிறது. சியாங்கிடம் விதி கதையைத் தொடக்கி வைக்கிறது. மாற்ற முடியாது என்று தெரிந்த பின்னரும் ஒருவன் ஏன் புறப்படுகிறான் என்பதே கேள்வி. அதற்கான பதில் தௌபாவில் இருக்கிறது. கடந்ததைத் துடைத்தெறியும் வல்லமை மனிதனுக்கில்லை. வருந்தவும் மன்னிப்பைப் பெறவும் இயலும் என்பதே கதை வந்தடையும் இடம்.

குறைகளும் உள. பக்தாத், கலீபா, கதைக்குள் கதை என்ற ஏற்பாடு ‘ஆயிரத்தொரு இரவுகள்’ வழியாக மேற்குலகுக்குப் பழகிப்போன கீழைத்தேயம்தான். ஜின்னோ அந்தப்புரக் களியாட்டமோ இல்லாதிருப்பது ஆறுதல். அந்த நகரத்தின் அறிவுலகம் கடைக்கு வெளியே தென்படுவதில்லை. ஹாரூன் அல் ரஷீத் அனுப்பிய நீர்க்கடிகாரம் 807 இல் சார்லமேனின் அவையை வியக்கவைத்தது. அல் ஜஸரீ தனது பொறிகள் பற்றிய நூலை 1206 இல் நிறைவுசெய்தார். காலத்தை அளந்த இம்மரபின் வாரிசாக பஷாரத் காட்டப்பட்டிருந்தால் பாத்திரம் இன்னும் வேரூன்றியிருக்கும். துஆவுக்கும் கத்ருக்கும் உள்ள உறவு, நமது உலமாக்கள் நெடுங்காலமாக ஆராய்ந்துவரும் விடயம். அதனையும் கதை தொடவில்லை.

பஷாரத்தின் சொந்த வாழ்வு பற்றி நாம் அறிவது சொற்பம். பிறரது கதைகளைச் சொல்லும் அவர் தன்னைப் பற்றிச் சொல்வதில்லை. அவருக்கும் ஒரு நஜ்யா இருந்தாளா? முதலில் இதை நான் ஆசிரியரின் தவறவிடலாகவே எண்ணினேன். மறுவாசிப்பில் வேறொன்று தோன்றியது. வாசலை அமைத்தவர் அதனால் தனக்கென எதையும் பெறாதவராக நிற்கிறார். வருபவரைத் தடுப்பதுமில்லை, தூண்டுவதுமில்லை. நல்ல கதைசொல்லியின் நிலையும் இதுதான். நடந்ததை மாற்றித்தர அவனால் இயலாது. அதனை முழுமையாக அறியும் வழியைத் திறந்துவிட இயலும். இழப்பை எழுத முனையும் எவரும் இக்கதையை ஒருமுறை வாசித்துவிடுவது நல்லது.