நிலவும் நீற்றறையும்

திருத்தொண்டர் புராணத்து வரும் நிலவு, தென்றல், வெயில் முதலியவற்றின் வருணனைகள் காப்பிய மரபு கருதி அமைந்த அணிகளேயன்றி வேறு பயனுடையனவல்ல என்பார் சிலர். தாம்பரத்திற்கு வடபாலுள்ள குன்றத்தூரிற் பிறந்து, இரண்டாம் குலோத்துங்க சோழன் (1133–1150) காலத்து அமைச்சராய் விளங்கிய சேக்கிழார் பெருமான் அவற்றை வைத்துள்ள இடங்களை நோக்குவார்க்கு அக்கூற்றுப் பொருந்தாமை புலனாம்.

தடுத்தாட்கொண்ட புராணத்தில், நம்பியாரூரரைக் கண்டு மனை மீண்ட பரவையார்க்கு நிலவு தழலாகின்றது, தென்றலும் பொறுத்தற்கரிதாகின்றது. திருநாவுக்கரசர் புராணத்திலோ, ஏழுநாள் அடைக்கப்பெற்ற நீற்றறை அரசர்க்கு இளவேனிலும் தென்றலும் வெண்ணிலவும் தண்பொய்கையும் போலக் குளிர்கின்றது. ஆண்டு நிலவு தீயாயிற்று. ஈண்டுத் தீ நிலவாயிற்று.

முன்னையது அகப்பொருட் புலவர் யாவர்க்கும் பொதுவாய மரபே. பின்னையது அன்னதன்று. அதற்கு மூலம் அரசரருளிய திருக்குறுந்தொகை. அப்பாட்டில் மாலைமதியும் தென்றலும் உவமையாயினது இறைவன் திருவடி நிழலுக்கே. நீற்றறை ஆண்டுக் கூறப்படவில்லை. திருவடிக்குரிய அவ்வுவமைகளை நீற்றறைக்கு ஏற்றியவர் சேக்கிழார். அரசரது உயிர் சார்ந்து நின்றது திருவடியையாதலின், உடல் நின்ற இடமும் அதன் தண்மை பெற்றது என்பது அவர் கருத்தாம்.

அற்றேல், உள்ளத்திற்கேற்ப உலகு மாறுமெனின், உலகு வெறுந்தோற்றம் என்னும் மாயாவாதமாய் முடியாதோ எனின், முடியாது. மாயையினின்று தோன்றிய உலகு உள்பொருளென்பது சித்தாந்தத் துணிபு. நிலவின் தண்மையும் நீற்றறையின் வெம்மையும் மெய்யே. வேறுபட்டது அவற்றை நுகரும் உயிரின் சார்பு. பளிங்கு அடுத்த பொருளின் நிறத்தைக் காட்டுமாறுபோல, உயிர் சார்ந்ததன் வண்ணமாம்.

இவ்வுண்மைக்குத் தாம்பரத்தின் தென்பால், சிங்கபெருமாள் கோயிலையடுத்த திருக்கச்சூர் சான்றாகும். திருக்கழுக்குன்றத்தினின்றும் வந்த நம்பியாரூரர் ஈண்டுப் பசியால் தளர்ந்திருந்தார். இறைவன் அந்தணனாய் வீடுதோறும் இரந்து சோறளித்தான். ஆலக்கோயிற் பதிகத்தில் நம்பிகள் தம் பசியையும் தளர்வையும் முறையிட்டிலர். உச்சிப்பொழுதில் ஊரூர் திரியும் தலைவனை எண்ணியே உருகினார். அன்பு வெயிலைப் பொய்யாக்கவில்லை. யார்பொருட்டு வருந்துவது என்பதையே மாற்றியது.

ஆகவே நிலவும் வெயிலும் சேக்கிழார் வாக்கில் வெற்றணியல்ல; உயிர் எதனைச் சார்ந்து நிற்கின்றது என்பதைக் காட்டும் உரைகற்களேயாம் என்க.