மங்காவும் மன்ஹ்வாவும்: எல்லை மாவட்டங்களுக்கு ஆங்கிலம் வழி வரும் சித்திரக்கதை

ஜப்பானியச் சித்திரக்கதையான மங்காவும் கொரியச் சித்திரக்கதையான மன்ஹ்வாவும் ஆங்கில வாசகரிடையே பெற்றிருக்கும் செல்வாக்கைக் கீழை நாட்டுப் பொருள்மீது மேலை நாட்டாருக்கு எழுந்த மோகம் என்று எளிதாகச் சொல்லிவிடுவது வழக்கமாக இருந்தாலும், அந்தச் செல்வாக்கு உண்மையில் விலை, அளவு, விற்பனையிடம், வெளியீட்டு வேகம் ஆகியவை குறித்துப் பதிப்பாளர்கள் எடுத்த முடிவுகளால் நாற்பது ஆண்டுகளில் படிப்படியாகக் கட்டப்பட்டதாகும். அந்த ஆங்கிலப் பதிப்புகளே இன்று சித்தூர், திருப்பதி மாவட்டங்களின் இளைஞர் கைக்கும் வந்து சேர்கின்றன. வீட்டில் தெலுங்கோ தமிழோ இரண்டுமோ பேசுகிற ஒரு மாணவர் தமக்குப் பிடித்த ஜப்பானியக் கதையை மூன்றாவது மொழியொன்றில்தான் படிக்க வேண்டியிருக்கிறது என்பது இந்தத் துறையின் இன்றைய நிலையைத் தெளிவாகக் காட்டும் செய்தி.

ஆங்கிலப் பதிப்பின் வரலாறு 1980-களின் நடுப்பகுதியில் தொடங்குகிறது. சான் பிரான்சிஸ்கோவில் செய்ஜி ஹோரிபுச்சி 1986-இல் நிறுவிய விஸ் நிறுவனம் அடுத்த ஆண்டே எக்லிப்ஸ் காமிக்ஸுடன் சேர்ந்து மங்கா வெளியிடத் தொடங்கியது. ‘லோன் வுல்ஃப் அண்ட் கப்’ 1987-இல் அமெரிக்க ஓவியர் ஃபிராங்க் மில்லரின் அட்டைப் படங்களோடும், கட்சுஹிரோ ஓட்டோமோவின் ‘அகிரா’ 1988 முதல் மார்வெலின் எபிக் பிரிவிலிருந்து கணினி வழி வண்ணமேற்றப்பட்டும் வந்தன. அந்தக் காலத்தில் மங்காவை அமெரிக்க காமிக்ஸ் போலத் தோன்றச் செய்வதே பதிப்பாளரின் முதற்கவலையாக இருந்ததால், வலமிருந்து இடமாகச் செல்லும் ஜப்பானியப் பக்கங்களைக் கண்ணாடிப் பிம்பம்போலத் திருப்பி அச்சிட்டார்கள். அதனால் வலக்கையில் வாள் பிடித்தவர் இடக்கையராக மாறினார். உயிரோடிருப்பவரின் கிமோனோ, இறந்தவருக்கு உடுத்தும் முறையில் மடிந்து நின்றது. ஓவியருக்கு மனத்தாங்கல், பதிப்பாளருக்கு ஒவ்வொரு பக்கத்தையும் திருப்பிச் சரிசெய்யும் கூடுதல் செலவு என்று இரு தரப்பையும் வருத்திய இந்த வழக்கத்தை, 2002-இல் டோக்கியோபாப் நிறுவனம் ஒரே அடியில் கைவிட்டது. பக்கங்களை மூலத்தில் உள்ளவாறே வலமிருந்து இடமாக அச்சிட்டு, கையடக்கமான ஒரே அளவில், பத்து டாலருக்குச் சற்றே குறைந்த ஒரே விலையில், காமிக்ஸ் கடைகளோடு நில்லாமல் பொதுப் புத்தகக் கடைகளிலும் அடுக்கியது.

இந்த முடிவின் விளைவு வணிகத்தோடு நின்றுவிடவில்லை. காமிக்ஸ் கடைகளுக்குள் பெரும்பாலும் நுழையாத பதின்பருவப் பெண்கள் பொதுக் கடைகளில் மங்கா வாங்கத் தொடங்கியதால், பெண்களை நோக்கி எழுதப்படும் ‘ஷோஜோ’ என்ற வகைக்கு ஆங்கிலத்தில் பெரிய சந்தை உருவாயிற்று. 2011-இல் பார்டர்ஸ் என்ற பெரும் புத்தகக் கடைத் தொடர் திவாலானதும் அதே ஆண்டில் டோக்கியோபாப் தன் அமெரிக்கப் பதிப்புப் பணியை நிறுத்தியதும் அந்தச் சந்தையைத் தளர்த்தின. ஆயினும், பெருந்தொற்றின் ஊரடங்கில் அனிமே எனப்படும் ஜப்பானிய அசைவூட்டத் தொடர்களை வீட்டிலிருந்தே பார்த்தவர்கள் அவற்றின் மூலக் கதைகளைத் தேடியதால், அமெரிக்காவில் மங்கா விற்பனை 2021-இல் முந்தைய ஆண்டைவிட இரு மடங்குக்கும் மேலாக உயர்ந்தது.

மன்ஹ்வா வந்த வழி வேறு. கொரியாவில் அச்சுச் சித்திரக்கதை நலிந்திருந்த வேளையில், டாம் தளம் 2003-இலும் நேவர் தளம் 2004-இலும் இணையச் சித்திரக்கதைகளைத் தொடங்கின. வெப்டூன் எனப்படும் இந்த வடிவத்தில் பக்கம் என்ற அலகே இல்லை. கைபேசித் திரையில் மேலிருந்து கீழே விரலால் தள்ளத் தள்ளப் படங்கள் வந்துகொண்டிருக்கும், படத்துக்கும் படத்துக்கும் நடுவிலுள்ள வெற்றிடத்தின் நீளமே காலத்தின் நீளமாகும். நேவரின் ஆங்கிலச் சேவை 2014-இல் தொடங்கியது. டாபாஸ் என்ற அமெரிக்கத் தளத்தைக் கொரியாவின் காக்காவோ 2021-இல் 51 கோடி டாலருக்கு வாங்கியது. நேவரின் வெப்டூன் நிறுவனம் 2024 ஜூனில் நாஸ்டாக் பங்குச் சந்தையில் இறங்கியது. திரைக்கென்று வரையப்பட்டவை பிறகு நூலாகவும் மாறின: ‘சோலோ லெவலிங்’ தொடரை யென் பிரெஸ் 2021-இல் ஆங்கில அச்சுக்குக் கொண்டுவந்ததோடு, இத்தகைய கொரியக் கதைகளுக்கென்றே அடுத்த ஆண்டு ஐஸ் பிரெஸ் என்ற தனிப் பிரிவையும் அமைத்தது.

இவையெல்லாம் எட்டும் இடமாக ஆந்திரத்தின் தென்கோடி மாவட்டங்களைப் பார்க்கும்போது, அங்கே நெடுங்காலமாக இருந்துவரும் இருமொழி வாழ்க்கையைக் கணக்கில் கொள்ளாமல் பேச இயலாது. வட ஆர்க்காட்டின் தாலுகாக்களையும் கடப்பையின் தாலுகாக்களையும் சேர்த்து 1911 ஏப்ரல் 1-ஆம் நாள் உருவாக்கப்பட்ட சித்தூர் மாவட்டம், 1953-இல் ஆந்திர மாநிலத்துக்குச் சென்றது. 1960-இல் நடந்த எல்லைத் திருத்தத்தில் திருத்தணி உள்ளிட்ட சில பகுதிகள் சென்னை மாநிலத்துக்குத் திரும்பின. 2022 ஏப்ரலில் திருப்பதி தனி மாவட்டமானது. நகரி, புத்தூர், சத்தியவேடு, குப்பம் ஆகிய ஊர்களில் கடைத்தெருவில் ஒரு வாக்கியம் தமிழில் தொடங்கித் தெலுங்கில் முடிவது இன்றும் இயல்பு. திருப்பதியில் 1954-இல் தோன்றிய ஸ்ரீ வேங்கடேஸ்வரா பல்கலைக்கழகமும் 2015-இல் வந்த ஐ.ஐ.டி.யும் அறிவியல் கல்வி ஆய்வு நிறுவனமும் ஆங்கிலம் வழிப் படிக்கும் ஆயிரக்கணக்கான இளைஞர்களை அந்நகரில் கூட்டியிருக்கின்றன. மங்காவின் வாசகர் என்று உலகெங்கும் கருதப்படும் வயதினர் இவர்களே.

சித்திரத்தோடு கதை படிக்கும் பழக்கமும் இவ்வட்டாரத்துக்குப் புதிதன்று. ஒசாமு தெஸூகா வரைந்த ‘புதிய புதையல் தீவு’ ஒசாகாவில் வெளிவந்து போருக்குப் பிந்திய மங்காவுக்குத் தொடக்கமாக அமைந்த அதே 1947-இல்தான், சென்னையில் நாகிரெட்டியும் சக்ரபாணியும் தெலுங்கில் ‘சந்தமாமா’வையும் தமிழில் ‘அம்புலிமாமா’வையும் தொடங்கினர். ஒரே ஆண்டில் தோன்றிய இரண்டு முயற்சிகளும் போன திசைகள் ஒப்பிட்டு எண்ணத்தக்கவை. ஜப்பானில் சித்திரமே கதையைச் சொல்லும் பொறுப்பை ஏற்று, 1959 முதல் வார இதழ்களாகவும் மலிவான தாளில் அச்சான தடித்த தொகுதிகளாகவும் பெருகியது. சென்னை இதழ்களில் கதையைச் சொல்வது எழுத்தாகவே நீடித்தது, சித்ரா, எம்.டி.வி. ஆச்சார்யா, வட்டாதி பாப்பய்யா, சங்கர் ஆகியோரின் ஓவியங்கள் அந்த எழுத்துக்கு ஒளி கூட்டின. சங்கரின் விக்கிரமாதித்தன் வேதாளத்தைத் தோளில் சுமந்து நடக்கும் படத்தில் அசைவும் அச்சமும் காற்றும் இருந்தும், அடுத்த கணத்தைக் காட்டும் இரண்டாவது படம் அங்கே இல்லை. இது குறை கூறுவதற்காகச் சொல்லப்படுவதன்று. ஓவியத் திறம் சற்றும் குறையாதிருந்த ஒரு நிலத்தில் தொடர்சித்திரம் என்ற வடிவம் தன் சொந்தப் பெருந்தொழிலாக வளராமற்போனதற்கு இதழாசிரியர்களின் தேர்வும் ஒரு காரணம் என்பதே செய்தி.

அந்த இடத்தை நிரப்பியவை சிவகாசியின் மொழிபெயர்ப்புகள். 1972-இல் ‘இரும்புக்கை மாயாவி’யோடு தொடங்கிய முத்து காமிக்ஸும் 1984-இல் வந்த லயன் காமிக்ஸும் பிரிட்டன், இத்தாலி, பிரான்சு, பெல்ஜியம் ஆகிய நாடுகளின் கதைகளுக்கு முறையாக உரிமை பெற்றுத் தமிழில் தந்தன. டெக்ஸ் வில்லரும் லக்கி லூக்கும் ஆங்கிலத்தின் தயவு இல்லாமலே தமிழ் வாசகரின் வீட்டுக்குப் பழகிய பெயர்களாயினர். அயல்நாட்டுச் சித்திரக்கதையைத் தமிழில் விற்க முடியுமா என்ற கேள்விக்கு அரை நூற்றாண்டுக்கு முன்பே கிடைத்த விடை இது.

மங்காவுக்கு மட்டும் அந்த விடை இன்னும் பொருந்தவில்லை. டோரேமானும் ஷின்-சானும் தொலைக்காட்சியில் தமிழும் தெலுங்கும் பேசின. ‘சோலோ லெவலிங்’ அனிமேயை கிரஞ்சிரோல் என்ற இணைய ஒளிபரப்புத் தளம் இரு மொழிகளிலும் தந்தது. 2025 செப்டம்பரில் ‘டீமன் ஸ்லேயர்’ திரைப்படம் தமிழ், தெலுங்கு ஒலிச்சேர்க்கைகளோடு திரையரங்குகளுக்கு வந்தது. அந்தப் படத்தைத் தெலுங்கில் பார்த்துவிட்டு வெளியே வரும் ரசிகர், கதையின் எஞ்சிய பகுதியை அறிய கோயோஹாரு கோட்டோகேயின் 23 தொகுதிகளைத் தேடினால் கிடைப்பது விஸ் நிறுவனத்தின் ஆங்கிலப் பதிப்பே. ஒரு தொகுதிக்குப் பல நூறு ரூபாய் என்னும்போது முழுத் தொடரையும் வாங்குவது நடுத்தர வீட்டுப் பிள்ளைக்கு எட்டாத காரியம். எனவே, பெரும்பாலோர் போவது ஸ்கேன்லேஷன் என்ற வழியில், அதாவது ரசிகர்கள் மூலப் பக்கங்களை நகலெடுத்துத் தாங்களே மொழிபெயர்த்து உரிமையின்றி இணையத்தில் இடும் பிரதிகளை நாடி. இதை வாசகரின் ஒழுக்கக் குறைவாக மட்டும் பார்ப்பது நியாயமன்று. முறையான வழி எங்கே திறக்கிறதோ அங்கே வாசகர் வருகிறார் என்பதற்கு, ஜப்பானில் வெளியாகும் நாளிலேயே புதிய அத்தியாயங்களைச் சிறு தொகைக்குத் தரும் ஷோனென் ஜம்ப் சேவையே சான்று. 2018-இல் விரிவாக்கப்பட்ட அந்தச் சேவை இந்தியாவுக்கும் உண்டு, ஆனால் ஆங்கிலத்தில் மட்டும்.

ஜப்பானியப் பதிப்பகமான ஷூயெய்ஷா 2019-இல் உலக வாசகருக்கென்று தொடங்கிய மங்கா பிளஸ் தளத்தின் மொழிப் பட்டியல் இங்கே ஆழ்ந்து பார்க்கத்தக்கது. ஆங்கிலம், ஸ்பானியம், பிரெஞ்சு, போர்ச்சுகீசியம் ஆகியவற்றோடு தாய் மொழி, இந்தோனேசியம், வியட்நாமியம் ஆகியவையும் அதில் இடம்பெற்றுள்ளன. இந்திய மொழி ஒன்றுகூட இல்லை. 2011 மக்கள்தொகைக் கணக்கின்படி இந்தியாவில் தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்டவர் 8.1 கோடி, தமிழர் 6.9 கோடி. ஆகவே தலைகளின் எண்ணிக்கை காரணமன்று. வியட்நாமில் கிம் டோங் என்ற சிறுவர் நூல் பதிப்பகம் 1992-இலேயே டோரேமானை மலிவான சிறு நூல்களாக, தொடக்கத்தில் உரிமை பெறாமலும் பிறகு முறைப்படியும், கொண்டுவந்தது. முப்பது ஆண்டுகளாக அச்சில் வாங்கிப் படித்த ஒரு தலைமுறை அங்கே இருப்பதால்தான் இணையத் தளமும் அந்த மொழியைத் தேடி வந்தது. இந்தியாவில் அதே காலத்தில் டோரேமான் தொலைக்காட்சியோடு நின்றுவிட்டது.

முயற்சி நடக்கவேயில்லை என்று சொல்ல முடியாது. யூக்கிச்சி யமாமத்சு என்ற மங்கா ஓவியர் ஒரு மங்காவை இந்தியில் மொழிபெயர்த்து அச்சிட்டு தில்லித் தெருக்களில் தாமே விற்கப் பார்த்த அனுபவத்தைச் சித்திர நூலாக வரைந்தார். அதன் ஆங்கிலப் பதிப்பை வெளியிட்டது சென்னையின் பிளாஃப்ட் பதிப்பகம். தெலுங்குக்கு வந்த முயற்சி இன்னும் நேரடியானது. ‘ஓ பேபி’ என்ற 2019-ஆம் ஆண்டுத் தெலுங்குப் படத்தின் தயாரிப்பில் பங்கேற்ற கொரிய வழி நிறுவனமான கிராஸ் பிக்சர்ஸ், அதே ஆண்டின் இறுதியில் கிராஸ் கோமிக்ஸ் என்ற செயலி வழியாகக் கொரிய வெப்டூன்களை ஆங்கிலம், இந்தி, தெலுங்கு ஆகிய மூன்றில் தந்தது. அது சில ஆண்டுகளிலேயே நின்றுபோனாலும், தெலுங்கில் மன்ஹ்வா படிக்க முடியும் என்பதை அது காட்டிவிட்டது. 2022-இல் வந்த டூன்சூத்ரா செயலி தமிழையும் சேர்த்துக்கொண்டது.

தடைகளில் சில பணம் சார்ந்தவை. உரிமை வாங்கும்போது விற்பனையைப் பொருட்படுத்தாமல் செலுத்த வேண்டிய முன்தொகையும், இருபது முதல் நூறு தொகுதிகள்வரை நீளும் தொடரை நடுவில் விடாமல் முடிக்க வேண்டிய பொறுப்பும் சிறு பதிப்பாளரை அச்சுறுத்துகின்றன. இன்னொரு தடை பக்கத்துக்குள்ளேயே இருக்கிறது. ஜப்பானியம் மேலிருந்து கீழாக எழுதப்படுவதால் மங்காவின் பேச்சுக் குமிழ்கள் ஒடுங்கி நெடுத்தவை. ‘போய்க்கொண்டிருக்கிறார்கள்’ போன்ற ஒரு தமிழ் வினைமுற்று அந்தக் குமிழுக்குள் அடங்க வேண்டுமானால் எழுத்தைக் கண் வலிக்குமளவு சிறிதாக்க வேண்டும் அல்லது சொல்லை மூன்று வரிகளாக வெட்ட வேண்டும். படத்தோடு பிணைத்து வரையப்பட்ட ஒலிக்குறிப்புகளை அழித்து, அடியிலுள்ள கோடுகளை மீட்டு வரைந்து, புதிதாக எழுதுவதற்குத் தேர்ந்த கை வேண்டும். தெலுங்கெழுத்து வரிக்குக் கீழேயும் ‘ஒத்து’ எனப்படும் துணைக்குறிகளாக இறங்குவதால் வரியிடைவெளியும் கூடுதலாகத் தேவைப்படும். வெப்டூனில் இந்தத் தொல்லை குறைவு. குமிழ்கள் அகன்றவை, எழுத்து பெரும்பாலும் படத்திலிருந்து தனி அடுக்காக இருப்பதால் மாற்றுவது எளிது. இம்மொழிகளுக்குள் மன்ஹ்வா முதலில் வந்ததற்கு இதுவும் ஒரு காரணமாகலாம்.

ஆங்கிலத்தை இடைநிலையாகக் கொண்டு பெயர்க்கும்போது உறவின் நுட்பம் உதிர்ந்துபோவதையும் கருத வேண்டும். தன்னைவிட மூத்தவனை அழைக்கும் கொரிய முறையை ஆங்கிலப் பதிப்பு வெறும் பெயராக்கிவிட, அந்த ஆங்கிலத்திலிருந்து வரும் தமிழ்ப் பாத்திரமும் மூத்தவரைப் பெயர் சொல்லியே அழைக்கும்; ‘அண்ணா’ என்று அழைக்க வழியிருந்த இடத்தில் அது காதில் உறுத்தும். எனவே மூலமொழி அறிந்த மொழிபெயர்ப்பாளரைத் தேடுவது ஆடம்பரமன்று. ஜப்பானிய ஆலைகள் பல இயங்கும் ஸ்ரீசிட்டி இவ்வட்டாரத்திலேயே சத்தியவேட்டுக்கு அருகில் இருக்கிறது. ஜப்பானிய மொழி கற்றவர்க்கு அங்கே வேலையும் இருக்கிறது. அத்தகையோரைப் பதிப்பகங்களோ பல்கலைக்கழகங்களோ சித்திரக்கதைக்கு அழைக்க இயலும்.

அச்சுக்கு நடைமுறையில் பொருந்தும் வழி இணைப்பதிப்பே என்று தோன்றுகிறது. தமிழ் உரிமையையும் தெலுங்கு உரிமையையும் ஒருசேரப் பெற்று, குமிழ்களையும் ஒலிக்குறிப்புகளையும் ஒரே முறை துடைத்து, சீர்செய்த அந்த ஒரே பக்கத்தில் இரண்டு மொழி எழுத்தையும் தனித்தனியே ஏற்றினால், ஓவியச் சீரமைப்பின் செலவு இரண்டு பதிப்புகளுக்கும் பாதி பாதியாகும். முன்தொகையையும் இரண்டு சந்தைகள் சேர்ந்து தாங்கும். ஒரே ஓவியங்களை வைத்துக்கொண்டு எழுத்தை மட்டும் மொழிக்கு மொழி மாற்றி ‘சந்தமாமா’வும் ‘அம்புலிமாமா’வும் இதே கணக்கில் பல பத்தாண்டுகள் நடந்தன. நூறு தொகுதித் தொடரைத் தொடாமல், ஐந்தாறு தொகுதிகளில் முடியும் ஒரு கதையைத் தேர்ந்து, சிவகாசியில் அச்சிட்டு, இரண்டு மொழியும் ஓடும் சித்தூரிலும் திருப்பதியிலும் இரு பதிப்புகளையும் ஒரே அலமாரியில் முதலில் வைத்தால், எந்த மொழிப் படி எவ்வளவு விற்கிறது என்பதை அங்கிருந்தே அளந்துகொண்டு விசயவாடாவுக்கும் சென்னைக்கும் அனுப்பும் படிகளைப் பதிப்பாளர் முடிவு செய்துகொள்ளலாம்.