எட்டு நிமிடத்தில் 141 முட்டை

நாமக்கல் மாவட்டத்துக்காரர்களை முட்டைக் கணக்குச் சொல்லி வாய் பிளக்க வைப்பது எளிதல்ல. லாரி லாரியாக அட்டைகள் போவதைப் பார்த்தே வளர்ந்தவர்கள் நாங்கள். ஆனாலும் இந்தக் கணக்கை வெண்ணந்தூர் டீக்கடையில் யாரிடம் சொன்னாலும் ஒரு கணம் டம்ளர் நிற்கும்: 2013 அக்டோபரில், அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில், ஜோயி செஸ்ட்நட் என்பவர் எட்டே நிமிடத்தில் 141 அவித்த முட்டைகளைச் சாப்பிட்டார். முப்பது முட்டை கொள்ளும் அட்டையில் கிட்டத்தட்ட நாலேமுக்கால் அட்டை. ஒன்றுக்கு மூன்றரை வினாடிகூட ஆகவில்லை. முட்டைக்கு ஐம்பது கிராம் என்று வைத்தாலும் ஏழு கிலோ.

கேட்டவர்கள் ஒன்று ‘அடேயப்பா’ என்பார்கள், இல்லையென்றால் ‘கருமம்’ என்பார்கள். இரண்டுமே அவசரத் தீர்ப்புகள். இதைத் தொழிலாகவே வைத்திருக்கும் மனிதர்கள் இருக்கிறார்கள். அதற்கென்று போட்டி அமைப்பு, ஒப்பந்தம், நடுவர், தொலைக்காட்சி நேரலை எல்லாம் உண்டு. அப்படிப்பட்ட ஒன்றைப் பாராட்டுவதற்கோ பழிப்பதற்கோ முன், அது எப்படி நடக்கிறது என்று பார்க்க வேண்டாமா?

பெருந்தீனிக்காரர்களை நாம் ஒருநாளும் வெறுத்ததில்லை. பகாசுரனுக்குக் கொண்டுபோன வண்டிச் சோற்றை வழியிலேயே காலி செய்த பீமனும், மீனாட்சி கல்யாணத்தில் சமைத்ததையெல்லாம் உண்டும் பசி தீராத குண்டோதரனும் நமக்குச் செல்லப்பிள்ளைகள். 1957இல் வந்த ‘மாயா பஜார்’ படத்தில் எஸ்.வி. ரங்காராவ் கல்யாண விருந்தை ஒற்றை ஆளாகத் தீர்ப்பதை இன்றும் பாட்டிகள் பேரன்களுக்குக் காட்டுகிறார்கள். 2009இல் ‘வெண்ணிலா கபடிக்குழு’வில் ஐம்பது பரோட்டா பந்தயம் ஒரு நடிகரின் பெயருக்கு முன்னால் ‘பரோட்டா’ என்ற பட்டத்தையே ஒட்டிவிட்டது. அந்தக் காட்சியைத் திரும்பப் பாருங்கள். கடைக்காரர் கணக்கில் தகராறு செய்கிறார். சாப்பிடுகிறவனோ அப்படியானால் முதலிலிருந்து ஆரம்பிக்கலாம் என்கிறான். அவனுக்கு அவசரமே இல்லை. நம் கதைகளில் வரும் தீனி எல்லாமே எவ்வளவு என்பதைப் பற்றியது. எத்தனை நிமிடத்தில் என்று யாரும் கேட்டதில்லை. தொழில்முறைத் தீனிப் போட்டி புதிதாகக் கொண்டுவந்தது கடிகாரத்தைத்தான். அதன் நல்லதும் கெட்டதும் அங்கிருந்தே தொடங்குகின்றன.

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். 2001ஆம் ஆண்டு ஜூலை 4 அன்று, நியூயார்க்கின் கோனி ஐலண்ட் கடற்கரையில், நேதன்ஸ் என்ற ஹாட்டாக் கடை ஆண்டுதோறும் நடத்தும் போட்டிக்கு ஜப்பானிலிருந்து தகேரு கொபயாஷி என்ற இளைஞர் வந்தார். ஒல்லியான உடம்பு, பக்கத்தில் நின்ற மல்லர்களில் பாதிகூட இல்லை. அதுவரை 12 நிமிடத்தில் 25 சொச்சம்தான் சாதனை. அவர் 50 சாப்பிட்டார். எண்ணிக்கையைத் தூக்கிக் காட்ட வைத்திருந்த அட்டைகள் தீர்ந்துபோய், கையால் எழுதிக் காட்ட வேண்டியதாயிற்று. சாதனைகள் வழக்கமாக ஒன்றிரண்டாகத்தான் நகரும். இப்படி ஒரே தாவலில் இரு மடங்கானால், அங்கே வயிற்றைவிட மூளை வேலை செய்திருக்கிறது என்று பொருள்.

அவர் செய்தது இதுதான். தொத்திறைச்சியையும் பன்னையும் தனித்தனியாகப் பிரித்தார். இறைச்சியை இரண்டாக ஒடித்து ஒரே நேரத்தில் வாயில் வைத்தார். பன்னைத் தண்ணீரில் முக்கிப் பிழிந்து விழுங்கினார். வயிற்றில் உணவு இறங்கி அமர உடம்பை நெளித்துக்கொண்டே இருந்தார். மற்றவர்கள் எவ்வளவு தின்ன முடியும் என்று கேட்டுக்கொண்டிருந்தபோது, ஒரு பன் ஏன் தொண்டையில் தாமதிக்கிறது என்று கேட்டவர் அவர். எந்தத் தொழிலிலும் இப்படி ஒருவர் வந்துதான் முறையை மாற்றுகிறார். இதில் திறமை இல்லை, வெறும் பேராசைதான் என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. தாடைத் தசை, மூச்சு, விழுங்கும் தாளம், குமட்டலை அடக்குகிற மனக்கட்டுப்பாடு எல்லாம் பழகி வருவதுதான். பெரும்பாலான முன்னணி வீரர்கள் குண்டானவர்களும் அல்ல.

பிறகு வந்தவர் நம் முட்டைக்காரர் செஸ்ட்நட். 2007இல் 66க்கு 63 என்று கொபயாஷியைத் தோற்கடித்தார். அடுத்த ஆண்டு நேரத்தைப் பத்து நிமிடமாகக் குறைத்தார்கள். இருவரும் 59இல் சமன். 2021இல் செஸ்ட்நட் பத்து நிமிடத்தில் 76 சாப்பிட்டதுதான் அந்தப் போட்டியின் உச்சம். 2025இல் அவர் வென்றது 17ஆவது பட்டம். இதில் முதல் பரிசு எவ்வளவு தெரியுமா? பத்தாயிரம் டாலர். உலகமே பார்க்கும் ஒரு போட்டிக்கு இது சொற்பம். ஆகவே வீரர்களுக்கு வாழ்வு விளம்பர ஒப்பந்தங்களில்தான் இருக்கிறது. அங்கேதான் கயிறும் இருக்கிறது. 2010இல் போட்டி அமைப்போடு ஒப்பந்தத் தகராறில் வெளியே நின்ற கொபயாஷி, போட்டி முடிந்தபின் மேடையேற முயன்று கைதானார். 2024இல் செஸ்ட்நட்டுக்கே அந்தக் கதி: நேதன்ஸுக்குப் போட்டியாகத் தாவர இறைச்சி விற்கும் நிறுவனத்தோடு கைகோத்தார் என்று அந்த ஆண்டு அவர் மேடையில் இல்லை. அதே ஆண்டு செப்டம்பரில் நெட்ஃபிளிக்ஸ் இருவரையும் மோதவிட்டு நேரலை செய்தது. 83க்கு 66 என்று செஸ்ட்நட் ஜெயித்தார். விளையாட்டு என்று பெயர். ஆனால் ஆடுகளம் ஒரு சாப்பாட்டுக் கடையின் வாசல். கடைக்காரர் கதவைச் சாத்தினால் வீரருக்கு வேறு மைதானம் தேடத்தான் வேண்டும்.

இவையெல்லாம் சின்னக் குறைகள். சினிமாக்காரர்களுக்கும் கிரிக்கெட்காரர்களுக்கும் இவை உண்டு. பெரிய குறை உடம்புக்குள் இருக்கிறது.

2007இல் பென்சில்வேனியா பல்கலைக்கழக மருத்துவர்கள் ஒரு தொழில்முறைத் தீனிக்காரரையும் நல்ல பசிக்காரரான ஒரு சாதாரண மனிதரையும் எக்ஸ்ரே திரைக்கு முன் உட்கார வைத்து ஹாட்டாக் கொடுத்தார்கள். சாதாரண மனிதர் ஏழோடு நிறுத்திக்கொண்டார். இன்னொரு வாய் வைத்தால் குமட்டும் என்றார். அவர் இரைப்பை உணவைக் கடைந்துகொண்டிருந்தது. தீனிக்காரர் பத்து நிமிடத்தில் 36 உள்ளே தள்ளியிருந்தார். இரைப்பை வயிற்றையே அடைத்துக்கொண்டு பை போல விரிந்திருந்தது, அசைவு அநேகமாக இல்லை. அவர் நிறுத்தவில்லை, பயந்துபோய் மருத்துவர்கள்தான் நிறுத்தினார்கள். வயிறு நிறைந்ததாகவே தோன்றவில்லை என்றார் அவர். பயிற்சியின் வெற்றி அதுதான். நோயின் வாசலும் அதுதான். நாளடைவில் இரைப்பை சுருங்கும் சக்தியை இழக்கலாம், தீராத வாந்தி வரலாம், இரைப்பையையே எடுக்க நேரலாம் என்று அந்த மருத்துவர்கள் எச்சரித்தார்கள். ஒரே ஒரு தீனிக்காரரை வைத்துச் செய்த ஆய்வு. அதைக்கொண்டு எல்லோருக்கும் இதுதான் கதி என்று சொல்லக் கூடாது. ஆனால் 2024இல் வந்த ஆவணப்படம் ஒன்றில் கொபயாஷியே தனக்கு இப்போது பசி தெரிவதில்லை என்று சொன்னார், ஓய்வும் அறிவித்தார். (செப்டம்பரில் மோதவும் போனார். ஓய்வுக்குச் சினிமாவில் மட்டுமா அர்த்தம் கிடையாது!) வேகத்தைத் தேடிப் போனவர் பசியைத் தொலைத்துவிட்டு வந்திருக்கிறார்.

இங்கே இந்தத் தொழிலின் அடிப்படை முரண் ஒன்று இருக்கிறது. அமெரிக்கப் போட்டி அமைப்பின் விதிப்படி பதினெட்டு வயது நிரம்பியவர்கள்தான் பங்கேற்கலாம். மருத்துவ உதவியாளர் அருகில் இருக்க வேண்டும். வீட்டில் யாரும் பயிற்சி செய்யக் கூடாது. மூன்றும் நியாயம். ஆனால் பயிற்சி செய்யாதவர் வெல்லவே முடியாது. பத்து நிமிடத்தில் எழுபது என்பது காலையில் எழுந்து வந்து செய்கிற காரியமா? லிட்டர் கணக்கில் தண்ணீர் குடித்து இரைப்பையை விரிப்பதும், அதில் ரத்தத்தின் உப்புச்சத்து குறைந்து உயிருக்கே ஆபத்தாகலாம் என்பதும் இந்த வட்டத்தில் எல்லோருக்கும் தெரியும். மல்யுத்தக்காரனுக்கு அகாடா உண்டு, கபடிக்காரனுக்கு மைதானம் உண்டு, கண்காணிக்க ஆசான் உண்டு. தீனிக்காரனுக்கு மட்டும் பயிற்சிக்களம் பூட்டிய அறை. வெற்றிக்கு ஒரே வழியாக உள்ளதைத் தடை செய்துவிட்டு வெற்றியைக் கொண்டாடும் ஒன்றை முழு விளையாட்டு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. வீரர்கள் உண்மையானவர்கள், விளையாட்டுதான் பாதியில் நிற்கிறது.

நம் பக்கத்து நிலைமை இதைவிட மோசம். அவர்களிடமிருந்து கடிகாரத்தை மட்டும் எடுத்துக்கொண்டோம். ஆம்புலன்ஸையும் வயது விதியையும் அங்கேயே விட்டுவிட்டோம். 2024 ஆகஸ்டில் கோவை ரயில் நிலையம் அருகே ஓர் உணவகம் அரைமணி நேரத்தில் ஆறு பிரியாணி சாப்பிட்டால் ஒரு லட்சம், நான்கு சாப்பிட்டால் ஐம்பதாயிரம், மூன்றுக்கு இருபத்தைந்தாயிரம் என்று அறிவித்தது. கூட்டம் அள்ளியது. மகனின் மருத்துவச் செலவுக்காக வந்ததாகச் சொன்ன ஒருவரும் அதில் இருந்தார். அங்கே போட்டியிட்டது பெருந்தீனியா, கடன் சுமையா? அடுத்த மாதமே, பாலக்காடு மாவட்டம் வாளையார் அருகே ஓணக் கொண்டாட்டத்தில், தொட்டுக்கொள்ள எதுவுமில்லாமல் இட்லி விழுங்கும் போட்டியில் லாரி ஓட்டுநர் ஒருவர் தொண்டை அடைத்து இறந்தார். உத்தரப் பிரதேசத்தின் ஜான்பூரில் 2019 நவம்பரில் இரண்டாயிரம் ரூபாய்க்கு ஐம்பது முட்டை என்று பந்தயம் கட்டிய ஒருவர் 41 சாப்பிட்டு, 42ஆவதைத் தொட்டபோது சாய்ந்தார், பிழைக்கவில்லை.

இட்லி என்றால் பூப்போல என்று நினைப்போம். கறியையும் எலும்பையும் பார்த்துத்தான் பயப்படுவோம். உண்மையில், எச்சில் ஊற நேரமில்லாமல் அடுக்கி வைத்த இட்லி வாய்க்குள் பிசைந்த மாவாகிவிடுகிறது. அவித்த முட்டையின் மஞ்சள் கருவும் அப்படித்தான். மூச்சுக்குழாயின் மூடி விழுங்கும்போது மட்டும் மூடும். சிரிக்கும்போதும் மூச்சு வாங்கும்போதும் திறந்துவிடும். சுற்றி நின்று கைதட்டும் கூட்டமும், முகத்துக்கு நேரே பிடித்த மைக்கும் அந்த இரண்டையும்தான் தூண்டுகின்றன. முதுகில் ஓங்கித் தட்டவும் வயிற்றை அழுத்தவும் தெரிந்த ஓர் ஆள் மேடையருகே இருந்தால் பிழைக்க வாய்ப்புண்டு. நம் விழாக் குழுக்களில் மைக் செட்டுக்கு ஆள் இருக்கும், இதற்கு இருக்காது.

உணவை வீணடிக்கிறார்களே, பட்டினி கிடப்பவர்கள் இருக்கும்போது இது அடுக்குமா என்ற வாதத்தைத்தான் பலரும் முதலில் எடுப்பார்கள். எனக்கு அது பலவீனமாகப் படுகிறது. நம்மூர்க் கல்யாண மண்டபத்தின் எச்சில் இலைத் தொட்டியில் ஒரே முகூர்த்தத்தில் விழுவதற்கு முன் எந்தப் போட்டியும் நிற்காது. சீனா 2021 ஏப்ரலில் உணவு வீணடிப்புத் தடைச் சட்டம் கொண்டுவந்து, அளவு மீறி உண்பதைக் காட்டும் நிகழ்ச்சிகளுக்கு ஒரு லட்சம் யுவான் வரை அபராதம் விதித்தது. காரணமாக வீணடிப்பைச் சொன்னார்கள், சாப்பிடுகிறவனின் உடம்பைச் சொல்லவில்லை. நம் யூடியூபர்களும் வாழையிலை நிறையப் பிரியாணியோடு உட்காருகிறார்கள். சிலருக்கு லட்சக்கணக்கில் பார்வையாளர்கள். கேமரா நிற்கும், வெட்டி ஒட்டலாம், நடுவில் எழுந்து போகலாம் என்பதால் அவர்களுக்கு அந்த நொடியின் ஆபத்து குறைவு. பார்த்துவிட்டு நண்பனிடம் பந்தயம் கட்டும் பையனுக்கு வெட்டி ஒட்டும் வசதி கிடையாது.

வெண்ணந்தூரிலிருந்து பார்க்கையில் எனக்கு இன்னொன்றும் உறுத்துகிறது. அலவாய்மலையைப் பார்த்தபடி இருக்கும் இந்த ஊரில் வேகமாகச் சாப்பிடுகிறவர்கள் ஏற்கெனவே நிறையப் பேர். தறிக்காரர்களுக்கு ஓட்டிய அளவுக்குத்தான் கூலி என்பதால், தறி நின்றால் நிற்பது காசு. ஆழ்துளைக் கிணறு தோண்டும் ரிக் வண்டியோடு வடக்கே போகும் திருச்செங்கோட்டுப் பையன்களும், சரக்கோடு போகும் நாமக்கல் ஓட்டுநர்களும் தட்டைப் பார்க்காமலேயே சாப்பிட்டு எழுகிறவர்கள்தான். வயிறு நிறைந்த செய்தி மூளைக்குப் போக இருபது நிமிடமாகிறது என்கிறார்கள் மருத்துவர்கள். இவர்களில் பலருக்கு மொத்தச் சாப்பாட்டு நேரமே அதில் பாதி. வேலை பழக்கிவிட்ட ஒரு கேட்டை மேடையேற்றிப் பரிசும் கொடுக்கிறோம்.

போட்டியே வேண்டாம் என்று பொங்கல் விழாக் குழுவிடம் சொன்னால் யாரும் கேட்க மாட்டார்கள்; ‘சாருக்கு வயசாயிடுச்சு’ என்பார்கள். கடிகாரத்தை எடுத்துவிட்டு நடத்துங்கள் என்றால், பார்க்கிறவர்களுக்குச் சலிப்புத் தட்டும் என்பார்கள். அதுவும் உண்மைதான், ஒருவர் நிதானமாக இருபது இட்லி சாப்பிடுவதை எவர் நின்று பார்ப்பார்? ஆனால் நம் பள்ளி மைதானங்களில் வெகுகாலமாக நடந்துவரும் பன் கவ்வும் போட்டியைக் கவனியுங்கள். கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, கயிற்றில் ஆடும் பன்னை எட்டிக் கவ்வ வேண்டும். அங்கேயும் வேகம் உண்டு, கூச்சல் உண்டு. ஆனால் கஷ்டமெல்லாம் வாய்க்கு வெளியே, கயிறு ஆடும் இடத்தில் இருக்கிறது. கிடைத்த துண்டு சின்னது, விழுங்க அவசரமில்லை, முழுதாக உள்ளே தள்ள வழியே இல்லை. இட்லிப் போட்டியைவிடச் சிரிப்பும் அதில்தான் அதிகம். செலவும் பத்துப் பன், ஒரு நூல்கண்டு.