உழைச்செல்வான் யார்? – செவிலியர் அறக்கல்வி பற்றி ஒரு திறனாய்வு

திருக்குறளில் 'மருந்து' 95-ஆவது அதிகாரம். அதன் கடைசிக் குறள், அதாவது 950, மருத்துவத்தை நான்கு உறுப்புகளாகப் பகுக்கிறது. நோயுற்றவன், தீர்ப்பவன், மருந்து, நான்காவதாக உழைச்செல்வான். நம் சங்க மலர்களிலும் மாநாட்டுக் கோவைகளிலும் இந்த அதிகாரத்தைப் பற்றி வந்த கட்டுரைகள் பலவற்றைப் படித்திருக்கிறேன். உணவின் அளவு பற்றிப் பக்கம் பக்கமாக இருக்கும். நோயின் காரணம் தேடும் மருத்துவனைப் பற்றியும் நிறைய இருக்கும். நான்காவது ஆள் வரும்போது கட்டுரை முடிந்துவிடும். 'அந்தக் காலத்திலேயே நர்ஸ் இருந்திருக்கிறார் பாருங்கள்' என்று எழுதி ஓர் ஆச்சரியக்குறி போட்டு முடித்துவிடுவார்கள். அந்த ஆச்சரியக்குறி எனக்குப் போதவில்லை. ஆகவேதான் இதை எழுதுகிறேன்.

நான் பட்டம் பெற்ற தமிழாசிரியன் அல்லன். மும்பையில் நாற்பது வருஷமாக மருத்துவமனைகளுக்குப் பஞ்சு, காஸ் துணி, கையுறை சப்ளை செய்யும் வியாபாரி. படித்ததெல்லாம் கடை அடைத்த பிறகு. ஆனால் வார்டுக்குள் நர்ஸ் எப்படி நடந்துகொள்கிறார், சரக்கு எப்படிச் செலவாகிறது, யார் கையுறை மாற்றுகிறார், யார் மாற்றுவதில்லை என்பதை உரையாசிரியர்களைவிடக் கொஞ்சம் அதிகமாகவே பார்த்திருக்கிறேன்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். 'உழை' என்றால் பக்கம். பக்கத்தில் செல்கிறவன் உழைச்செல்வான். என்ன செய்கிறவன் என்று சொல்லாமல், எங்கே இருக்கிறவன் என்பதை வைத்தே பெயர். பரிமேலழகர் இச்சொல்லுக்குப் பொருள் சொல்லும்போது மருந்தைத் தவறில்லாமல் இயற்றுபவன் என்ற அளவில் நிறுத்திக்கொள்கிறார். பிறகு வந்த மு.வ. உரையில் மருந்து கொடுக்கிற ஆளாகவே ஆகிவிடுகிறான். பக்கம் போய்விட்டது, மருந்து மட்டும் நிற்கிறது. மருந்து கொடுப்பது நர்ஸின் ஒரு நாளில் எத்தனை நேரம் பிடிக்கும்? படுக்கை மாற்றுவது, திருப்பிப் படுக்க வைப்பது, மலம் சிறுநீர் எடுப்பது, ராத்திரி மூன்று மணிக்குப் பயந்து விழித்தவரிடம் நின்று பேசுவது – இதெல்லாம் 'உழை' என்ற சொல்லுக்குள் இருந்தது. உரைகளில் இல்லை.

ஆனால் பரிமேலழகரை அத்தோடு விட்டுவிடவும் முடியாது. அதே உரையில் நான்கு உறுப்புக்கும் நான்கு நான்கு குணம் சொல்கிறார். உழைச்செல்வானுக்குச் சொன்னவை: நோயாளியிடம் அன்பு, மனம் மொழி மெய் மூன்றிலும் தூய்மை, சொன்னதைச் சொன்னபடி செய்யும் வல்லமை, அறிவு. இந்தப் பட்டியல் வடமொழி ஆயுர்வேத நூல்களிலிருந்து வந்தது. சரகத்தில் உதவியாளின் குணம் சொல்லும்போது பணிவிடை அறிவு முதலில், திறமை அடுத்து, அன்பு மூன்றாவது. வாகபடர் தமது அஷ்டாங்க ஹிருதயத்தில் அன்பை முதலில் வைத்தார். பரிமேலழகரும் வாகபடரைப் போலவே அன்பை முதலில் வைக்கிறார். முதலில் எதை எழுதுகிறோம் என்பது சரக்குப் பட்டியலில்கூட அர்த்தம் இல்லாமல் இருக்காது. இந்த வரிசையை யாரும் எடுத்துப் பேசியதாக என் கண்ணில் படவில்லை.

இனி இன்றைய பாடப்புத்தகத்துக்கு வருகிறேன். என் தம்பியின் பேத்தி பி.எஸ்சி. நர்சிங் படிக்கிறாள். 2021-இல் இந்திய நர்சிங் கவுன்சில் மாற்றி அமைத்த பாடத்திட்டத்தில் தொழில் அறமும் உயிரியல் அறமும் தனிப்பாடமாகவே வந்துவிட்டன. நல்ல காரியம். உளவியல் பாடத்தில் ஒழுக்க வளர்ச்சி என்று ஒரு பகுதி, அதில் லாரன்ஸ் கோல்பெர்க். அவளுடைய நோட்டை வாங்கிப் படித்தேன். "தாத்தா, அதுல ஆறு ஸ்டேஜையும் வரிசையா எழுதினா அஞ்சு மார்க் கெடச்சுடும், அவ்வளவுதான்" என்றாள்.

கோல்பெர்க் அமெரிக்கர். 1958-இல் சிகாகோவில் பையன்களிடம் கதை சொல்லிக் கேள்வி கேட்டு ஆராய்ந்தார். கதை இது: ஹைன்ஸ் என்பவரின் மனைவி புற்றுநோயால் சாகக் கிடக்கிறாள். ஊரில் ஒரு மருந்து வியாபாரி. செய்கூலி 200 டாலர் ஆகும் மருந்துக்கு 2000 டாலர் கேட்கிறான். கணவனால் பாதிதான் திரட்ட முடிந்தது. பாக்கியைப் பிறகு தருகிறேன் என்றாலும் வியாபாரி மறுக்கிறான். கணவன் கடையை உடைத்துத் திருடலாமா? பதில் எதுவானாலும் சரி, என்ன காரணம் சொல்கிறாய் என்பதே கோல்பெர்க்குக்கு முக்கியம். தண்டனைக்குப் பயந்து நடப்பது முதல் நிலை, கொடுக்கல் வாங்கல் இரண்டாவது, வேண்டியவர்கள் நல்லவன் என்று சொல்ல வேண்டும் என்பது மூன்றாவது, சட்டம் ஒழுங்கு நான்காவது, பொது உடன்பாடு ஐந்தாவது, எல்லாருக்கும் பொதுவான நியாயம் ஆறாவது.

வியாபாரி என்ற முறையில் பத்து மடங்கு விலையைப் பற்றி எனக்கு நிறையச் சொல்ல இருக்கிறது. மலர்க்குழுவினர் பக்கம் எண்ணிக் கொடுத்திருப்பதால் விட்டுவிடுகிறேன். நான் கேட்பது வேறு. இந்தக் கதையில் கணவன் பேசுகிறான், கடைக்காரன் பேசுகிறான். படுத்திருக்கிறவள் ஒரு வார்த்தை பேசுவதில்லை. அவள் பக்கத்தில் யார் இருக்கிறார்கள், அவளுக்கு யார் தண்ணீர் கொடுக்கிறார்கள் என்று கதையில் இல்லை. குறள் சொன்ன நான்கில் நோயாளியும் மருந்தும் இருக்கின்றன. மருத்துவர் பெயருக்கு இருக்கிறார். உழைச்செல்வான் இல்லவே இல்லை. நர்ஸ் இல்லாத கதையை வைத்து நர்ஸின் ஒழுக்க வளர்ச்சியை அளக்கச் சொல்லித் தருகிறோம்.

இந்தக் குறை எனக்கு மட்டும் தோன்றியதல்ல. கேரல் கில்லிகன் என்ற அம்மையார் 1982-இல் எழுதிய புத்தகத்தில், பையன்களின் பேச்சை அளவுகோலாக வைத்துப் பெண்களை அளந்தால் அவர்கள் குட்டையாகத்தான் தெரிவார்கள், அக்கறை என்பதும் ஓர் அறமொழிதான் என்று வாதாடினார். அதற்கு முந்தின வருஷமே பாட்ரிஷியா கிரிஷாம் என்பவர் மருத்துவமனைச் சங்கடங்களையே கேள்வியாக்கி நர்ஸ்களுக்கென்று தனிச் சோதனை ஒன்றை வெளியிட்டார். பேத்தியின் நோட்டில் கில்லிகனுக்கு இரண்டு வரி. கிரிஷாம் இல்லை.

இப்படிச் சொன்னதும் 'பார்த்தீர்களா, வெள்ளைக்காரன் தடுமாறுகிறான், நம்ம பரிமேலழகர் அன்றே சொல்லிவிட்டார்' என்று சிலர் கிளம்புவார்கள். அவர்களோடு நான் போக மாட்டேன். பரிமேலழகரின் மூன்றாவது குணத்தைத் திரும்பப் பாருங்கள். சொன்னதைச் சொன்னபடி செய்வது. சொன்னது தப்பாக இருந்தால்?

நடந்ததையே சொல்கிறேன். பேத்தி பயிற்சிக்குப் போன ஒரு மருத்துவமனையில் – பெயர் வேண்டாம் – மாலை ஆறு மணிக்கு எல்லாப் படுக்கைக்கும் ஜுரம், நாடி, மூச்சு எண்ணிக்கை எடுத்து சார்ட்டில் எழுத வேண்டும். ஆள் பற்றாக்குறை. மூச்சு எண்ண ஒரு முழு நிமிஷம் வேண்டும். "எல்லாருக்கும் இருபதுன்னு போட்டுடு" என்று மூத்தவர் சொல்லியிருக்கிறார். மூத்தவர் கெட்டவரும் அல்ல. முப்பது பேருக்கு இரண்டு பேர் என்றால் என்ன செய்வார்? இவள் அன்று போட்டுவிட்டு வந்து, வீட்டில் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தாள். "சொன்னதைத்தானே செஞ்சேன், ஆனா எனக்கு ஏன் இப்படி இருக்கு தாத்தா?" என்றாள். சரி எது என்று தெரிந்தும் செய்ய விடாமல் அமைப்பு தடுக்கும்போது வரும் இந்த வேதனைக்கு ஆண்ட்ரூ ஜேமட்டன் 1984-இல் அறத்துயர் என்று பொருள்படும் ஒரு பெயர் வைத்தார். பரிமேலழகரின் பட்டியலில் இதற்கு இடம் இல்லை.

என் சமயத்து நூலில் இடம் உண்டு, ஆனால் எதிர்பாராத ஓர் இடத்தில். தத்துவார்த்த சூத்திரத்தில் இல்லறத்தாரின் வாய்மை விரதத்துக்கு ஐந்து மீறல்கள் சொல்லப்படுகின்றன. அதில் ஒன்று கூடலேகக்கிரியை. பொய்யாக ஆவணம் எழுதுவது. எங்கள் பெரியவர்கள் இதைக் கடைக் கணக்கோடு மட்டுமே சேர்த்துப் பேசுவார்கள். எண்ணாத மூச்சை எழுதினாலும் அது கூடலேகம்தான். பேத்தியிடம் கோல்பெர்க்கைச் சொல்லவில்லை, இதைச் சொன்னேன். "கணக்குப் புஸ்தகத்துல பொய் எழுதினா நஷ்டம் காசுக்கு. சார்ட்டுல எழுதினா அடுத்த ஷிஃப்ட் டாக்டர் அதை நம்பி மருந்து குறைப்பார்." அடுத்த வாரம் அவள் எண்ணாத கட்டத்தைக் காலியாகவே விட்டாள். திட்டு விழுந்தது. கட்டம் காலியாக இருந்தது.

இனி மும்பைக்காரர்கள் எல்லாரும் அறிந்த ஒன்றுக்கு வருகிறேன். பரேலில் உள்ள கே.இ.எம். மருத்துவமனையில் நர்ஸாக இருந்த அருணா ஷான்பாக், 1973 நவம்பர் 27 அன்று அதே மருத்துவமனையில் தாக்கப்பட்டார். மூளை சேதப்பட்டு நினைவு திரும்பவில்லை. 2015 மே 18-இல் இறக்கும் வரை, நாற்பத்தொரு வருஷத்துக்கு மேல், அந்த மருத்துவமனை நர்ஸ்களே அவரைக் கவனித்தார்கள். படுக்கைப் புண் ஒன்றுகூட வரவில்லை என்பது உச்ச நீதிமன்றம் வரை பதிவானது. படுக்கைப் புண் என்றால் என்னவென்று பஞ்சு விற்கிற எனக்குத் தெரியும். இரண்டு மணிக்கு ஒருமுறை திருப்பிப் போட வேண்டும். அதை நாற்பத்தொரு வருஷத்தால் பெருக்கிப் பாருங்கள். 1980-களில் மாநகராட்சி அவரை வேறிடம் மாற்றப் பார்த்தபோது நர்ஸ்கள் போராடித் தடுத்தார்கள். 'சொன்னதைச் செய்' என்ற குணம் மட்டும் இருந்திருந்தால் படுக்கை அன்றே காலியாகியிருக்கும்.

அருணாவுக்கு உணவு கொடுப்பதை நிறுத்த வேண்டும் என்று பத்திரிகையாளர் பிங்கி விரானி தொடுத்த வழக்கில் 2011 மார்ச் 7 அன்று தீர்ப்பு வந்தது. உயிர்காக்கும் சிகிச்சையை நிறுத்துவதைக் கட்டுப்பாடுகளோடு கொள்கையளவில் ஏற்ற நீதிமன்றம், அருணா விஷயத்தில் மறுத்துவிட்டது. அவருக்காகப் பேசும் உரிமை கே.இ.எம். ஊழியர்களுக்குத்தான் என்றது. உழை என்ற சொல்லைச் சட்டம் கண்டுகொண்ட இடம் என்று இதை நான் படிக்கிறேன். (சல்லேகனை பற்றிக் கேட்பவர்களுக்கு: அது விழிப்போடு தானே ஏற்கும் விரதம். அந்த விழிப்பு அருணாவுக்கு இல்லை. இரண்டையும் குழப்ப வேண்டாம்.)

அந்த வழக்கின் பதிவில் மருத்துவமனைத் தலைவர் சொன்ன ஒரு செய்தியைத்தான் இந்தக் கட்டுரைக்கே முக்கியமாக நினைக்கிறேன். புதிதாகச் சேரும் ஒவ்வொரு நர்சிங் மாணவியர் குழுவையும் அருணாவிடம் அழைத்துப் போய்க் காட்டுவார்களாம். இவர் நம்மில் ஒருவராக இருந்தார், இன்றும் நம்மில் ஒருவர்தான் என்று சொல்வார்களாம். அறக்கல்விக்கு மும்பையில் நடந்த மிகச் சிறந்த வகுப்பு அதுதான் என்பது என் முடிவு. புத்தகம் இல்லை, மார்க் இல்லை, கட்டிலுக்குப் பக்கத்தில் நிற்க வைத்தார்கள்.

கோல்பெர்க்கிடம் இந்தப் பதிலைக் கொடுத்தால் எத்தனை மதிப்பெண் வரும்? 'நம்மில் ஒருவர்' என்ற காரணம் மூன்றாம் நிலை. ஏணியின் பாதியில் நிறுத்திவிடுவார். நாற்பத்தொரு வருஷம் படுக்கைப் புண் வராமல் காத்தவர்களைப் பாதி ஏணியில் நிறுத்தும் அளவுகோல் எனக்கு வேண்டாம்.

ஆனால் அவர் கேட்க வந்த கேள்வி மட்டும் என்னை விடுவதில்லை. அருணா நர்ஸ். நம்மில் ஒருவராக இல்லாதவர் அதே கட்டிலில் கிடந்தால்? இதற்கு என் சமய நூலிலும் சுலபமான விடை இல்லை. நோயுற்றவருக்குச் செய்யும் தொண்டை வையாவிருத்தியம் என்று அகத்தவத்தில் ஒன்றாகவே வைத்த சமயம் எங்களுடையது. பாத்திரம் விளக்குகிற வேலையைத் தியானத்தோடு ஒரே பட்டியலில் வைத்தார்கள். உத்தாயன மன்னன் வாந்தி எடுத்த நோயாளித் துறவியை அருவருப்பில்லாமல் கழுவிவிட்ட கதையைச் சின்ன வயதில் கேட்காத சமணப் பிள்ளை இல்லை. அருங்கலச்செப்பு இதை உவர்ப்பின்மை என்கிறது. முதலாம் ஆண்டு மாணவிக்கு ஆறு நிலைகளுக்கு முன்னால் கற்றுத்தர வேண்டியது உவர்ப்பின்மைதான். ஆனால் தத்துவார்த்த சூத்திரம் தொண்டுக்கு உரியவர்களாகப் பத்துப் பேரைச் சொல்கிறது. ஆசாரியர், உபாத்தியாயர், தபசி, நோயுற்றவர் என்று போகும். எல்லாரும் சங்கத்துக்கு உள்ளே இருப்பவர்கள். உத்தாயனன் கழுவியதும் ஒரு முனிவரைத்தான். எங்கள் நூலும் 'நம்மில் ஒருவர்' என்ற வேலிக்குள் நிற்கிறது. இதை எழுதினால் எங்கள் ஊர்ப் பெரியவர்கள் சிலர் முகம் சுளிப்பார்கள். சுளிக்கட்டும்.

வள்ளுவர் சமணரா என்ற வழக்கை இங்கே அவிழ்க்கப் போவதில்லை. அவர் முதல் உறுப்புக்கு வைத்த பெயர் உற்றவன். நோய் உற்றவன், அவ்வளவே. யாரைச் சேர்ந்தவன் என்று சொல்லவில்லை. சரகத்தில் அன்பு யாரிடம் என்று சொல்லுமிடத்தில் எஜமானனைக் குறிக்கும் சொல் வருகிறது. குறளில் எஜமானனும் இல்லை, முனிவனும் இல்லை.

அருணா கிடந்த கட்டிலுக்கு 2015-க்குப் பிறகு சேர்ந்த மாணவிகளை அழைத்துப் போக வழியில்லை. நம் பெரிய அரசு மருத்துவமனைகளில் ரயில் பாதையோரம் அடிபட்டுக் கிடந்து கொண்டுவரப்படுகிறவர்கள் உண்டு. கேஸ் பேப்பரில் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'அன்நோன்' என்று எழுதியிருக்கும். பார்க்க யாரும் வர மாட்டார்கள், நர்ஸின் பெயரைக் கேட்டு நன்றி சொல்ல ஆள் இருக்காது, அந்த சார்ட்டைப் படித்துச் சண்டை போடவும் யாரும் இல்லை. அறப்பாடத்தின் முதல் வகுப்பை அந்தக் கட்டிலுக்குப் பக்கத்தில் வைக்கலாம். அவருடைய மூச்சை ஒரு முழு நிமிஷம் எண்ணச் சொல்லலாம்.