கைக்கு வேலை கொடுத்த படங்கள்

மாடலாக இருந்த ஒரு பெண் நடிக்க வந்தால், அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒரே ஒரு விஷயத்துக்காகத்தான் காத்திருக்கிறார்கள்: எப்போது அழகைக் கைவிடுவார்? 'மான்ஸ்டர்' (2003) படத்துக்காக ஷார்லீஸ் தெரோன் எடை கூட்டி, பொய்ப்பல் வைத்துக்கொண்டு நடித்து ஆஸ்கர் வாங்கியதிலிருந்து இது கிட்டத்தட்ட விதியாகவே ஆகிவிட்டது. முகத்தைச் சிதைத்துக்கொண்டால் நடிகை, இல்லாவிட்டால் வெறும் பொம்மை. தெரோனின் நடிப்பில் எனக்குக் குறை எதுவும் இல்லை. அதிலிருந்து விமர்சகர்கள் கறந்தெடுத்த பாடம்தான் தவறு. மாடலிங் என்பது நடிப்புக்கு முன்னால் கழுவிவிட வேண்டிய கறை என்று அது சொல்கிறது. ஒரு பெண் பதின்மூன்று வயதிலிருந்தே தன்னைப் பிறர் பார்ப்பதைப் பார்த்து வளர்ந்திருக்கிறாள். எந்தப் பார்வையில் விலை இருக்கிறது, எதில் ஆபத்து இருக்கிறது என்று அவள் உடம்புக்குத் தெரியும். அந்த அறிவைத் தூக்கி எறியச் சொல்வது எவ்வளவு பெரிய வீண்? அதைப் பயன்படுத்திய படங்களும் உண்டு, பாழாக்கிய படங்களும் உண்டு. இரண்டையும் ஒரே நடிகையின் வாழ்க்கையில் பார்க்க வேண்டுமானால் ஆஸ்திரேலியாவின் அபி கார்னிஷைத்தான் பார்க்க வேண்டும்.

அவருக்கு முந்தைய கதையை விரைவாகச் சொல்லிவிடலாம். ஜான் டுய்கனின் 'சைரன்ஸ்' (1994) எல்லோருக்கும் நினைவிருக்கும். ஓவியர் நார்மன் லிண்ட்சேயின் நீலமலை வீட்டில் நடக்கும் கதை. எல் மெக்ஃபெர்சன் ஓவியரின் மாடலாகவே வருகிறார். மாடலை மாடலாக நடிக்க வைப்பதில் இயக்குநருக்குச் சிரமம் இல்லை, நடிகைக்கு வளர்ச்சியும் இல்லை. அதே படத்தில் அறிமுகமான போர்ஷியா டி ரோஸி அமெரிக்கத் தொலைக்காட்சிக்குப் போய் 'ஆலி மெக்பீல்', 'அரெஸ்டட் டெவலப்மென்ட்' வழியாகத் தன் நகைச்சுவையைக் கண்டுபிடித்தார். அது தனிக் கதை. 90களில் பதின்வயதுப் பெண்களுக்கான 'டாலி', 'கேர்ள்ஃபிரெண்ட்' போன்ற இதழ்கள் நடத்திய அட்டைப்பட முகத் தேர்வுகள்தான் ஒரு தலைமுறைக்கே வாசலாக இருந்தன. மிராண்டா கெர் அந்த வாசலில் நுழைந்து ஃபேஷனிலேயே நின்றுவிட்டார். வேறு சிலர் கேமரா முன்னால் நகர ஆசைப்பட்டார்கள்.

அவர்களில் ஒருவருக்கு நேர்ந்ததை மட்டும் இங்கே நிறுத்திச் சொல்ல வேண்டும். பெர்த்தைச் சேர்ந்த ஜெம்மா வார்ட் உலகின் மிக அதிகமாகப் படமெடுக்கப்பட்ட முகங்களில் ஒன்று. எலிஸா டவுன் இயக்கிய 'தி பிளாக் பலூன்' (2008) அவரை ஒரு புறநகர்ப் பள்ளி மாணவியாக, ஆட்டிசம் உள்ள அண்ணனைப் பற்றிக் கூச்சப்படும் பையனின் தோழியாக வைத்தது. படம் முழுவதும் அவர் இயல்பாக மூச்சு விடுகிறார். அதே ஆண்டில் ஹாலிவுட் அவருக்குக் கொடுத்த வேடம் 'தி ஸ்ட்ரேஞ்சர்ஸ்' படத்தில் பொம்மை முகமூடி அணிந்து கதவைத் தட்டும் கொலைகாரி. மூன்றாண்டு கழித்து 'பைரேட்ஸ் ஆஃப் த கரீபியன்' படத்தில் கடற்கன்னி. முகத்தைச் சொந்த ஊர்ப் படம் மனுஷியாகப் பார்த்தது. பெரிய சந்தை ஒரு முறை மூடியது, ஒரு முறை அலங்கரித்தது.

கார்னிஷ் 1982இல் நியூ சவுத் வேல்ஸின் ஹண்டர் பகுதியில், லாக்கின்வார் என்ற சிற்றூரில் பிறந்தவர். பண்ணையில் வளர்ந்தார். பதின்மூன்று வயதில் 'டாலி' போட்டியின் இறுதிச் சுற்றுவரை போய் மாடலிங்கைத் தொடங்கினார். 'வைல்ட்சைட்' தொலைக்காட்சித் தொடருக்காக 1999இல் ஆஸ்திரேலியத் திரைப்படக் கழகத்தின் இளம் நடிகர் விருது கிடைத்தது. அடுத்த சில ஆண்டுகள் சின்னச் சின்ன வேடங்கள். பிறகு 2004இல் கேட் ஷார்ட்லேண்டின் முதல் முழுநீளப் படம் 'சாமர்சால்ட்'.

பதினாறு வயது ஹெய்டி, கான்பெராவில் தாயின் காதலரின் பச்சைக்குத்தலை விரலால் தடவுகிறாள். அங்கிருந்துதான் எல்லாம் தொடங்குகிறது. அந்த விரலில் ஆசை எவ்வளவு, ஆராய்ச்சி எவ்வளவு, தாயின் மேல் உள்ள பொறாமை எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல முடியாது. ஒரு முத்தம், வாசலில் தாய், உடனே ஓட்டம். பனிமலை அடிவாரத்து ஜிண்டபைனில் அவள் இறங்குகிறாள். கையில் காசில்லை, தெரிந்தவர் யாருமில்லை. தன்னை ஆண்கள் பார்ப்பார்கள் என்ற ஒரே ஒரு நிச்சயம் மட்டும் இருக்கிறது. அந்தப் பார்வையை அவள் தங்குமிடமாகவும் சாப்பாடாகவும் மாற்றப் பார்க்கிறாள். அது அன்பாகவும் மாறும் என்று நம்புகிறாள். மாறுவதில்லை. மது விடுதியில் ஒருவன் தன்னைப் பார்க்கிறான் என்று தெரிந்ததும் கார்னிஷின் தோள்கள் மிக லேசாக நிமிர்வதைக் கவனியுங்கள். அந்த நிமிர்வை எந்த நடிப்புப் பள்ளியும் கற்றுத்தந்திருக்க முடியாது. அது போட்டோ ஸ்டுடியோவில் படிந்த பழக்கம். ஷார்ட்லேண்ட் அதை அழிக்கச் சொல்லவில்லை. அதன் உள்ளே இருக்கும் பயத்தை எடுத்துக் காட்டச் சொன்னார்.

இன்னொன்று, ஹெய்டியின் கைகள். எதையாவது தொட்டுக்கொண்டே இருக்கிறாள். பொருள்களைத் தொட்டுப் பார்த்துத்தான் இந்த உலகம் தன்னை ஏற்றுக்கொள்ளுமா என்று தெரிந்துகொள்கிறாள். ராபர்ட் ஹம்ஃப்ரீஸின் கேமரா நீலம் பாய்ந்த குளிரில் அந்தக் கைகளுக்குப் பக்கத்திலேயே நிற்கிறது. அந்த ஆண்டு ஆஸ்திரேலியத் திரைப்படக் கழக விருதுகளில் கதைப்படங்களுக்கான 13 பிரிவுகளையும் 'சாமர்சால்ட்' ஒன்றே அள்ளிச் சென்றது. சிறந்த நடிகை விருது கார்னிஷுக்கு. அவருக்கு அப்போது இருபத்திரண்டு வயது.

அடுத்து 'கேண்டி' (2006). லூக் டேவிஸின் நாவல், நாடக மேடையிலிருந்து வந்த நீல் ஆர்ம்ஃபீல்டின் இயக்கம், ஹீத் லெட்ஜர் துணை. சொர்க்கம், பூமி, நரகம் என்று மூன்று பாகங்களாகப் பிரித்த ஹெராயின் காதல் கதை. லெட்ஜர் 2008இல் இறந்த பிறகு இந்தப் படத்தை அவருடைய படமாக மட்டுமே பேசுகிறார்கள். துக்கம் புரிகிறது. ஆனால் விலை கொடுப்பவள் கேண்டிதான்: போதைக்காக உடம்பை விற்பவள் அவள், பிறந்ததும் இறந்த பிள்ளையைச் சுமந்தவள் அவள். கேண்டி ஓர் ஓவியர். படம் அதை வசனத்தில் சொல்லிவிட்டு மறந்துவிடவில்லை. மனம் உடைந்தபின் அவள் வீட்டுச் சுவர்களில் தங்கள் கதையைக் கிறுக்கி நிரப்புகிறாள். வெறுமனே தலைவிரிகோலமாக அழும் காட்சியாகியிருக்க வேண்டியது அது. ஓவியம் வரையத் தெரிந்த கை, வேறு எதுவும் மிச்சமில்லாதபோதும் தன் தொழிலைச் செய்துகொண்டிருக்கிறது. தாயாக வரும் நோனி ஹேசில்ஹர்ஸ்டோடு அவர் மோதும் இடங்களில் இன்னொரு படமே ஒளிந்திருக்கிறது. 'முகத்தைச் சிதைத்தால் நடிகை' என்பவர்கள் கொண்டாட வேண்டிய வேடம்தான் இதுவும். ஆனால் கார்னிஷ் கண்ணுக்குக் கீழே கருவளையத்தை நம்பவில்லை. கேண்டி கடைசிவரை அழகாகவே இருக்கிறாள். அந்த அழகுதான் விற்பனைக்குப் போகிறது என்பதால் பார்க்கப் பொறுக்கவில்லை.

மூன்றாவது, ஜேன் கேம்பியனின் 'பிரைட் ஸ்டார்' (2009). இதை நான் அந்தப் பத்தாண்டின் மிகச் சிறந்த படங்களில் ஒன்றாகக் கருதுகிறேன். கார்னிஷ் அந்த ஆண்டின் மிகச் சிறந்த நடிகை என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. கவிஞர் கீட்ஸும் பக்கத்து வீட்டு ஃபேனி பிரானும் கொண்ட காதல். கவிஞனைப் பற்றிய படம் என்று நினைத்துப் போய் உட்கார்ந்தால் முதல் ஷாட்டிலேயே திரை முழுக்க ஓர் ஊசி. துணியின் இழைகளுக்கிடையே நுழைந்து வெளியே வருகிறது. ஃபேனி தன் உடைகளைத் தானே வடிவமைத்துத் தைத்துக்கொள்பவள். கீட்ஸின் நண்பர் பிரவுன் அவளை மினுக்கிக்கொண்டு திரியும் பெண் என்று இளக்காரமாகப் பேசும்போது, தன் தையலால் காசு சம்பாதிக்க முடியும் என்று அவள் திருப்பிக் கொடுக்கிறாள். கீட்ஸின் தம்பி டாம் இறந்ததும் அவள் இரவெல்லாம் உட்கார்ந்து தலையணை உறை ஒன்றில் பூவேலை செய்து கொண்டுவருகிறாள். இரங்கல் வார்த்தை சொல்ல வராத பெண்ணிடம் ஊசி இருக்கிறது. கவிதை ஒரு வேலை, தையல் ஒரு வேலை. கேம்பியன் இரண்டையும் ஒரே உயரத்தில் வைக்கிறார்.

உடை அணியும் பெண் என்றுதான் ஒரு மாடலை உலகம் பார்க்கிறது. உடையைச் செய்யும் பெண்ணாக அவரை வைத்ததுதான் கேம்பியனின் கூர்மை. கழுத்துப் பட்டையின் மடிப்புகளைக் காட்டி ஃபேனி பெருமைப்படும்போது கார்னிஷ் நிற்கும் விதத்தில் பழைய தொழிலின் துல்லியம் அப்படியே இருக்கிறது. ரோமிலிருந்து கீட்ஸின் மரணச் செய்தி வருகிறது, 1821. ஃபேனி மாடிப்படியில் சரிந்து மூச்சுக்குத் திணறுகிறாள். அந்த ஒரு நிமிடத்தில் அவர் யாருக்காகவும் அழகாகவும் இல்லை, அவலட்சணமாகவும் இல்லை. யாரும் தன்னைப் பார்க்கிறார்கள் என்ற நினைப்பே உடம்பை விட்டுப் போய்விட்டது. பார்க்கப்படுவதை முழுசாக அறிந்த ஒருவர்தான் அதை முழுசாக இழந்தும் காட்ட முடியும். ஆஸ்கரில் அந்தப் படத்துக்குக் கிடைத்தது ஒரே ஒரு பரிந்துரை, ஜேனட் பேட்டர்சனின் ஆடை வடிவமைப்புக்கு. உடைகளைப் பார்த்தார்கள், அவற்றைத் தைத்த கைகளைப் பார்க்கவில்லை.

பிறகு வந்த ஆண்டுகளைத்தான் என்னால் பொறுமையோடு எழுத முடிவதில்லை. 2011இல் மூன்று படங்கள். ஸாக் ஸ்னைடரின் 'சக்கர் பஞ்ச்' படத்தில் வாளேந்திய ஸ்வீட் பீ. கதை முடியும்போது இது அவளுடைய கதை என்று படம் சொல்கிறது, ஆனால் அதுவரை அவளைச் சண்டைக் கோலத்தில் நிறுத்தியே வைத்திருந்தது. 'லிமிட்லெஸ்' படத்தில் கதாநாயகனின் காதலி. மடோனா இயக்கிய 'டபிள்யூ.ஈ.' படத்தில் இன்னொரு பெண்ணின் வாழ்க்கையை நினைத்துப் பெருமூச்சு விடும் பெண். 'ரோபோகாப்' (2014) மறு ஆக்கத்தில் ரோபோகாப்பின் மனைவி. 'த்ரீ பில்போர்ட்ஸ்' (2017) படத்தில் காவல்துறைத் தலைவரின் மனைவி. 'ஜாக் ரயன்' தொடரில் ஜாக் ரயனின் காதலி. அந்த மருத்துவர் பாத்திரத்துக்குச் சொந்தமாக ஒரு துறை இருந்தும் கதை அதற்குள் அதிக நேரம் தங்கவில்லை.

'தொடக்கத்தில் நம்பிக்கை தந்தவர், பிறகு சோபிக்கவில்லை' என்று இதைச் சுருக்கிவிடுகிறார்கள். சோபிக்காதது யார்? 'லிமிட்லெஸ்'ஸை எடுத்துக்கொள்ளுங்கள். துரத்தப்படும் பெண், மாத்திரையை விழுங்கிய சில நொடிகளில் சறுக்குக் காலணி அணிந்த ஒரு சிறுமியையே தூக்கிச் சுழற்றி எதிரியின் முகத்தைக் கிழிக்கிறாள். அந்தக் காட்சியில் கார்னிஷ் திகிலும் கணக்குமாக விழித்தெழுகிறார். அது முடிந்ததும் படம் அவரை ஓரங்கட்டிவிட்டுக் கதாநாயகனிடம் ஓடிவிடுகிறது. 'த்ரீ பில்போர்ட்ஸ்' படத்தில் கணவன் தற்கொலை செய்துகொண்ட பிறகு, அவன் எழுதிவைத்த கடிதத்தை நாயகி மில்ட்ரெட் வேலை செய்யும் கடைக்குக் கொண்டுவந்து கொடுக்கும் காட்சி இருக்கிறது. அவருடைய உச்சரிப்பைக் கேலி செய்தவர்கள் அந்த நிமிடங்களைத் திரும்பப் பார்க்கட்டும். கையில் ஒரு கடிதம் இருக்கிறது, கொடுத்தாக வேண்டும், கொடுத்துவிட்டால் செய்ய எதுவும் இல்லை. அந்தப் படத்தில் கார்னிஷின் கைக்குக் கிடைத்த ஒரே வேலை அது.

பெண் இயக்குநர்கள் பயன்படுத்தினார்கள், ஆண்கள் வீணடித்தார்கள் என்று எளிதாகக் கோடு போட முடியாது. 'கேண்டி'யை எடுத்தவர் ஆண், 'டபிள்யூ.ஈ.'யை எடுத்தவர் பெண். வேறுபாடு வேறு இடத்தில் இருக்கிறது. முதல் மூன்று படங்களில் பெண் பாத்திரத்துக்கு ஒரு வேலையோ பசியோ இருந்தது, அதைக் காட்ட இயக்குநருக்கு நேரமும் இருந்தது. பின்னால் வந்த பெரும்பாலான படங்களில் அவள் யாருக்காகவோ காத்திருக்கிறாள்.

அபி லீயின் படங்களும் இதையே உறுதிப்படுத்துகின்றன. மெல்போர்னில் பிறந்து பெரிய ஃபேஷன் மேடைகளை அளந்தவர். ஜார்ஜ் மில்லரின் 'மேட் மேக்ஸ்: ஃப்யூரி ரோட்' (2015) படத்தில் அவரோடு மேகன் கேல், கோர்ட்னி ஈட்டன் என இன்னும் இரண்டு ஆஸ்திரேலிய மாடல்கள். கொடுங்கோலனின் ஐந்து மனைவியரில் ஒருத்தியாக, தனக்குத் தானே முணுமுணுத்துக்கொண்டிருக்கும் அபி லீயிடம்தான் மில்லர் விதைப் பையை ஒப்படைக்கிறார். அடுத்த ஆண்டு நிக்கோலஸ் வைண்டிங் ரெஃபனின் 'தி நியான் டெமன்'. மாடல் தேர்வு ஒன்றில் அவர் நடந்து காட்டுகிறார்; வடிவமைப்பாளர் நிமிர்ந்தே பார்ப்பதில்லை. அடுத்து வரும் சின்னப் பெண்ணைக் கண்டதும் அந்த வடிவமைப்பாளருக்குப் பேச்சு வரவில்லை. கழிப்பறைக்குப் போய் அபி லீ கண்ணாடியை உடைக்கிறார். அழகு தேய்ந்துபோகும் பயத்தை ஒப்பனையால் காட்ட முடியாது. அந்தத் தொழிலில் நின்றவரின் முதுகெலும்புதான் காட்ட முடியும்.

ஷார்ட்லேண்ட் 2021இல் மார்வெலுக்காக 'பிளாக் விடோ'வை இயக்கினார். அதே ஆண்டில் வெளியான 'தி பவர் ஆஃப் த டாக்' படத்துக்காகக் கேம்பியன் இயக்குநருக்கான ஆஸ்கரை வாங்கினார். கார்னிஷ் நாற்பதைத் தாண்டிவிட்டார். இனி அவருக்கு என்ன வேடம் என்ற கேள்விக்கு ஹாலிவுட்டில் பதில் தேட வேண்டாம். 'சாமர்சால்ட்'டிலேயே ஐரீன் இருக்கிறாள். லின்னெட் கர்ரன் நடித்த விடுதிக்காரி; மகன் சிறையில் இருக்கிறான், அவன் இருந்த அறையை ஹெய்டிக்குக் கொடுக்கிறாள். படம் அவளைச் சில காட்சிகளோடு விட்டுவிட்டது. காலையில் விடுதி அறைகளைக் கூட்டுகிற, கணக்கு எழுதுகிற, மகனைப் பார்க்கச் சிறைக்குப் போகிற அந்தப் பெண்ணை நடுவில் வைத்து யாராவது ஒரு முழுப் படம் எழுத வேண்டும். எழுதினால் நடிக்க ஆள் இருக்கிறார்.