ஒளியும் கற்பனையும்: இரு நீலங்கள்

கற்பனை என்னும் சொல் தமிழில் இருவேறு தெருக்களில் நடமாடுகிறது. இலக்கியத் தெருவில் அதற்கு மாலையும் மரியாதையும் உண்டு. அன்றாட வழக்கிலோ அதுவே வசைச்சொல்லாகி, "இஃது உண்மையன்று, வெறுங்கற்பனை" என்று பிறர் பேச்சைத் தள்ளுவதற்குப் பயன்படுகிறது. இந்த இரட்டை வாழ்வின் விளைவாக, அறிவியலைப் பற்றித் தமிழில் எழுதுவோர் பலர் ஒரு சங்கடத்திற்கு ஆளாகின்றனர். அறிவியலாரிடம் கற்பனை இருந்தது என்று சொன்னால் அவர் பெருமை குறைந்துவிடுமோ என அஞ்சி, அவ்விடத்தில் ஒரு மின்னலை வரவழைக்கின்றனர். ஆப்பிள் விழுந்தது, நியூட்டனுக்குத் தோன்றிற்று. கடல் நீலமாயிருந்தது, இராமனுக்குத் தோன்றிற்று. இடையில் என்ன நிகழ்ந்தது என்பது கட்டுரையில் வருவதேயில்லை.

சர் சி. வி. இராமனைப் பற்றி ஆண்டுதோறும் எழுதப்படும் கட்டுரைகளை நோக்குமிடத்து, அவற்றுள் பெரும்பாலானவை 1921ஆம் ஆண்டின் கப்பற் பயணத்தில் தொடங்கி நோபெல் பரிசில் முடிவதைக் காணலாம். கப்பலுக்கும் பரிசுக்கும் நடுவே 9 ஆண்டுகள் உள்ளன. அந்த 9 ஆண்டுகளும் ஒரே வாக்கியத்தில் கரைந்துவிடுகின்றன. தமிழ்ப்பள்ளி மாணவன் ஒருவன் அக்கட்டுரைகளைப் படித்து அறிந்துகொள்வதெல்லாம், மேதைகளுக்கு ஏதோ தோன்றும், தனக்குத் தோன்றவில்லையாதலால் தான் மேதையல்லன் என்பதே. இது சிறிய இழப்பன்று.

கப்பற்கதை பொய்யன்று என்பதை முதலில் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆக்ஸ்போர்டில் நடைபெற்ற பல்கலைக்கழக மாநாட்டிற்குச் சென்ற இராமன், நார்குண்டா என்ற கப்பலில் 1921 செப்டம்பரில் தாயகம் திரும்பினார். மத்தியதரைக் கடலின் ஆழ்நீலம் அவரை ஈர்த்தது. வானத்தின் நீலம் கடலில் பிரதிபலிப்பதே அந்நிறத்திற்குக் காரணம் என்று ரேலி பிரபு முன்னரே கருத்துரைத்திருந்தார். வானத்தின் நீலத்திற்கு விளக்கம் தந்தவரே அவராதலின், அவர் சொல்லை மறுக்கத் துணிவு வேண்டும். இராமனிடம் துணிவோடு ஒரு நிக்கோல் பட்டகமும் இருந்தது. நீர்ப்பரப்பிலிருந்து குறிப்பிட்டதொரு கோணத்தில் எதிரொளிக்கும் ஒளியை அப்பட்டகம் தடுத்துவிடும். அதன் வழியே அவர் கடலை நோக்கினார். வானத்தின் பிரதிபலிப்பு மறைந்தது. நீலம் மறையவில்லை, முன்னிலும் ஆழ்ந்து தெரிந்தது. அந்த நீலம் நீருக்குள்ளிருந்தே வருகிறது என்று அவர் முடிவு கட்டி, கப்பலிலிருந்தபடியே 'நேச்சர்' இதழுக்கு எழுதினார். (இம்முடிவிலும் ஒரு திருத்தம் உண்டு. நீர் செந்நிற ஒளியைச் சிறிதளவு உட்கொண்டுவிடுகிறது என்பதற்கு அவர் அளித்த இடத்தைவிடப் பெரிய இடத்தை இன்றைய இயற்பியல் அளிக்கிறது. அவர் புகழைப் பாடும் கட்டுரைகள் இதனைச் சொல்லத் தயங்குவதற்குக் காரணமில்லை.)

இனி, அந்த விடுபட்ட ஆண்டுகளுக்கு வரலாம். கல்கத்தாவில் பௌபஜார் தெருவிலிருந்த இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகத்தில், திரவங்களில் ஒளி சிதறுவதை இராமனும் மாணவர்களும் ஆராயத் தொடங்கினர். 1923இல் கே. ஆர். இராமநாதன் ஒரு முரண்பாட்டைக் கண்டார். சூரிய ஒளியை ஊதா நிறக் கண்ணாடி வழியே திரவத்தினுள் செலுத்தினால், சிதறி வரும் ஒளியும் ஊதாவாகவே இருத்தல் வேண்டும். ஊதாவைத் தடுத்துப் பச்சையை மட்டும் விடும் மற்றொரு கண்ணாடியைக் கண்ணுக்கு முன் வைத்தால் எதுவும் தெரியக்கூடாது. ஆனால் தெரிந்தது. மிக மங்கலான ஒரு தடம் இருட்டில் எஞ்சி நின்றது.

அதற்கு அப்போதே ஒரு பெயர் ஆயத்தமாக இருந்தது. ஒளியை உள்வாங்கி வேறு நிறத்தில் உமிழும் பொருள்கள் பல உண்டு; அவ்வியல்பை ஒளிர்வு என்பர். திரவத்தில் மாசு கலந்திருக்கும், அம்மாசு ஒளிர்கிறது என்று சொல்லிவிட்டால் சிக்கல் தீர்ந்தது. திரவத்தை மீண்டும் மீண்டும் வடித்துத் தூய்மை செய்தனர். தடம் போகவில்லை. ஆயினும் பெயர் போகவில்லை. 'வலுவற்ற ஒளிர்வு' என்றே அது வழங்கப்பட்டது. 1925இல் கே. எஸ். கிருஷ்ணனும் அதனைக் கண்டார். 1928 தொடக்கத்தில் வேங்கடேசுவரன் என்ற மற்றொரு மாணவர், தூய கிளிசரினில் சிதறும் சூரிய ஒளி நீலமாக அல்லாமல் பச்சையாகத் தெரிவதையும், அவ்வொளியின் அதிர்வு ஒரு தளத்திலேயே அடங்கியிருப்பதையும் கண்டு சொன்னார். ஒளிர்வில் அத்தகைய ஒழுங்கு பொதுவாகக் காணப்படுவதில்லை.

கற்பனையின் வேலை ஈண்டுதான் தொடங்குகிறது. பலரும் பன்முறை கண்டு பெயரும் இட்டுவிட்ட ஒன்றை நோக்கி, "இதற்கு இட்ட பெயர் தவறு" என்று சொல்வதே அந்த வேலை. 1905இல் ஐன்ஸ்டீன் ஒளியைச் சிறு சிறு ஆற்றற் பொட்டலங்களாகக் கருதிப் பார்த்தார். 1923இல் காம்டன், எக்ஸ் கதிர் எலக்ட்ரானோடு மோதித் தன் ஆற்றலில் ஒரு பகுதியை இழந்து மீள்வதைக் காட்டினார். 1927இல் அதற்கு நோபெல் பரிசும் பெற்றார். எக்ஸ் கதிருக்கு இயல்வது கண்ணுக்குப் புலனாகும் ஒளிக்கும் இயலாதா, மூலக்கூறோடு கொடுக்கல் வாங்கல் செய்து நிறம் மாறி அது வெளிவரக் கூடாதா என்பதே இராமன் எழுப்பிய கேள்வி. இராமநாதன் கண்ட மங்கலான தடத்தையும் காம்டன் கண்ட மோதலையும் ஒரே நிகழ்ச்சியின் இரு முகங்களாக மனத்தில் இணைத்துப் பார்க்க, உவமை காணும் புலவனுக்குரிய ஆற்றலே தேவைப்பட்டது. புலவனுக்கு உவமை கிடைத்ததோடு பணி முடிந்தது. இராமனுக்கோ அதன் பின்னரே பணி தொடங்கிற்று.

1928 பிப்ரவரி மாதத்துப் பணிகளைக் கிருஷ்ணனின் நாட்குறிப்பு நாள்தோறும் பதிந்து வைத்துள்ளது. தொடக்க நாள்களில் அதிலும் ஒளிர்வு என்ற பழைய பெயரே ஆளப்படுவதைக் காணலாம். பழக்கத்தின் பிடி அத்தகையது. தொலைநோக்கி வில்லையொன்றால் குவிக்கப்பட்ட சூரிய ஒளி, வண்ணக் கண்ணாடிகள், ஒரு சிறு நிறமாலை காட்டி, இவற்றோடு இருட்டுக்குப் பழகிய மனிதக் கண் ஆகியவையே அவர்களின் கருவிகள். அம்மாதம் 28ஆம் நாள் முடிவு உறுதியாயிற்று. சிதறிய ஒளியில் பழைய நிறத்திற்கு அருகே, சென்ற ஒளியில் இல்லாத புதிய கோடுகள் தோன்றின. ஏறத்தாழ ஒரு கோடி ஒளித்துகள்களில் ஒன்றே இவ்வாறு மாறுகிறது என்றால், அக்கண்கள் எத்துணைப் பொறுமை காத்திருக்க வேண்டும்!

மாஸ்கோவில் லாண்ட்ஸ்பெர்க்கும் மண்டெல்ஷ்டாமும் அதே மாதத்தில் குவார்ட்ஸ் படிகத்தில் இதே விளைவைக் கண்டிருந்தனர். ஆஸ்திரியரான ஸ்மெக்கால் 1923லேயே ஏட்டளவில் இதனை முன்னுரைத்திருந்தார். 1930ஆம் ஆண்டின் பரிசு இராமன் ஒருவருக்கே கிட்டியது. இச்செய்திகளை விட்டுவிடுவதால் இராமன் உயர்ந்துவிடுவதில்லை. சொல்லப் போனால், அதே தடத்தைக் கண்டும் அதே கணக்கை அறிந்தும் பலர் நின்றிருந்த இடத்தில் அவர் எதைக் கூடுதலாகச் செய்தார் என்பது அப்போதுதான் விளங்கும். வத்திராயிருப்பில் பிறந்த கிருஷ்ணனின் பெயரைத் தமிழ்க் கட்டுரைகளே அடிக்குறிப்பாக்கிவிடுவதோ வருந்தத்தக்கது.

கற்பனை எப்போதும் துணையே நிற்கும் என்பதும் இல்லை. இராமனின் தமையனார் மகன் சுப்பிரமணியன் சந்திரசேகர் 1930இல் தம் 19ஆம் வயதில் இங்கிலாந்துக்குக் கப்பலேறியபோது, ஒளி மங்கிச் சுருங்கும் விண்மீன்களுக்கு ஓர் எடை வரம்பு உண்டென்று கணக்கிட்டார். அவ்வரம்பு சூரியனின் எடையைப் போல் 1.4 மடங்கு என இன்று கொள்ளப்படுகிறது. 1935 ஜனவரி 11ஆம் நாள் இலண்டன் அரச வானியல் கழகத்தில் எடிங்டன் அதனை எள்ளி மறுத்தார். இந்த எடிங்டன், 1919இல் சூரிய கிரகணத்தின்போது விண்மீன் ஒளி வளைவதை அளந்து, ஐன்ஸ்டீனின் கற்பனைக்குச் சான்று தேடித் தந்தவர்களுள் முதன்மையானவர்! பெரும் வரம்பைக் கடந்த விண்மீன் சுருங்கிக்கொண்டே போகும் காட்சியை மட்டும் அவர் மனம் ஏற்கவில்லை. சந்திரசேகர் நோபெல் பரிசு பெற்றது 1983இல்.

இவையெல்லாம் கல்கத்தாவிலும் இலண்டனிலும் நடந்தவை. நமக்கு எட்டாதவை என்று மலேசிய வாசகர் கருத வேண்டியதில்லை. காஜாங்கை அடுத்த பாங்கியில், மலேசிய அணுசக்தி நிறுவனத்தின் ஆய்வு உலை 1982 ஜூன் 28ஆம் நாள் முதன்முதலாக இயக்கம் கண்டது. 1 மெகாவாட் ஆற்றல் கொண்ட அவ்வுலையின் உட்கரு நீர் நிறைந்த குளத்தின் அடியில் இருக்கிறது. உலை இயங்கும்போது அந்நீரில் ஒரு நீல ஒளி பரவுகிறது. கடலின் நீலமும் இந்நீலமும் ஒன்றென நினைத்தல் எளிது, ஆனால் பிழை. கடல் தன்மேல் விழும் சூரிய ஒளியைத் திருப்பித் தருகிறது. இக்குளத்திற்குச் சூரியன் வேண்டியதில்லை.

இந்த இரண்டாம் நீலத்தின் வரலாறும் வியக்கத்தக்க வகையில் முதலாவதை ஒத்திருக்கிறது. ரேடியத்தின் அருகே வைக்கப்பட்ட திரவங்கள் மங்கலாக நீலம் காட்டுவதை முன்னரே சிலர் கண்டிருந்தனர். அதற்கும் ஒளிர்வு என்றே பெயர்! 1934இல் ரஷ்யாவில் வவிலோவின் மாணவரான செரன்கோவ், ஒவ்வொரு சோதனைக்கு முன்னும் ஒரு மணி நேரத்திற்குக் குறையாமல் இருட்டறையில் அமர்ந்து கண்களைப் பழக்கிக்கொண்டு, அந்த ஒளியை ஆராய்ந்தார். நீரைத் தூய்மையாக்கியும் அது போகவில்லை. ஒளிர்வைத் தணிக்கும் பொருள்களைச் சேர்த்தும் தணியவில்லை. அதன் அதிர்வுக்கும் ஓர் ஒழுங்கு இருந்தது. 1937இல் பிராங்கும் தாமும் விளக்கம் கண்டனர். வெற்றிடத்தில் ஒளியை எதுவும் முந்த இயலாது. நீருக்குள்ளோ ஒளியின் வேகம் நொடிக்குச் சுமார் 2,25,000 கிலோமீட்டராகக் குறைந்துவிடுகிறது. அங்கே அதனை முந்திச் செல்லும் எலக்ட்ரான், விரைந்தோடும் படகு தன் பின்னே அலைக்கூம்பை எழுப்புதல் போல, ஒளிக்கூம்பை எழுப்புகிறது. மூவரும் 1958இல் நோபெல் பரிசைப் பகிர்ந்துகொண்டனர்.

பாங்கி உலையின் குளத்தில் இவ்வாறு விரையும் எலக்ட்ரான்களுள் பல, உலையிலிருந்து புறப்படும் காமாக் கதிர்கள் மோதித் தள்ளியவை. கல்கத்தாவில் அந்த மங்கலான தடத்தின் பெயரை மாற்றும்படி இராமனைத் தூண்டிய அதே காம்டன் மோதலே அது.