இராம நாராயணனின் விலங்குகள்

காஞ்சிபுரம் கைலாசநாதர் கோயில் சுவர்த்தூண்களின் அடியில் பாயும் நிலையில் நிற்கும் யாளிகளை எட்டாம் நூற்றாண்டுப் பல்லவச் சிற்பிகள் வடித்தார்கள். கோரைப்பல்லும் பிதுங்கிய விழியும் அச்சமூட்டத்தான்; ஆனால் அந்த மிருகம் கோயிலின் காவல். இந்த மரபை வைத்துப் பார்த்தால் இயக்குநர் இராம நாராயணனின் படங்கள் நன்றாக விளங்கும். 1975இல் வந்த 'ஜாஸ்' போன்ற படங்களில் விலங்கு வெளியிலிருந்து வரும் ஆபத்து. அது செத்தால் கதை முடியும். இவரிடமோ பாம்பும் யானையும் அம்மனின் ஆட்கள். நடுங்க வேண்டியவன் அக்கிரமக்காரன். 'ஆடி வெள்ளி', 'துர்கா' என 1990இல் வந்த இரண்டு படங்களிலுமே எளியவர்களுக்குத் துணை விலங்குகள்தான்.

1981இல் 'சிவப்பு மல்லி' எடுத்து உழைப்பவர் பக்கம் நின்றவர், வசூலுக்காகத் தடம் மாறினார் என்பார்கள். தடம் மாறியது உண்மை, பக்கம் மாறவில்லை. ஒரே சூத்திரம், மலிவான தந்திரக் காட்சி என்ற குறையிலும் நியாயம் உண்டு. ஆனாலும் கணினி வரைகலை பரவாத நாளில், விலங்கின் பார்வையையும் அசைவையும் காத்திருந்து படம்பிடித்து, படத்தொகுப்பில் அதை நடிப்பாக்குவது லேசான வேலையில்லை. அந்த விலங்குகள் பட்டிருக்கக்கூடிய சிரமத்தை இன்று ஏற்க முடியாது. அவற்றைக் காக்கும் விதிகள் 2001இல் வந்தது நல்லதே. 'குட்டிப் பிசாசு' (2010) படத்தில் அவரே வரைகலையைப் பெரிதும் நம்பினார். 2014இல் மறைந்தபோது அவர் இயக்கியவை நூறு படங்களுக்கு மேல். தமிழ்த் திகில் படத்தின் வரலாற்றை எழுதுபவர்கள் அவருக்குத் தனி அத்தியாயம் ஒதுக்க வேண்டும்.